இளநரை: காரணம் தெரியுமுன் காசைக் கொடுக்காதீர்கள்

இம்முறை வந்த கடிதங்களில் பெரும்பாலானவை இளநரைக்காக வாங்கிய பொருள்களைப் பற்றியவை என்பதால், மற்றவற்றை ஒதுக்கிவிட்டு இவற்றுக்கு மட்டும் பதில் எழுதுகிறேன். கடிதங்கள் சுருக்கப்பட்டுள்ளன.

கேள்வி: என் மகனுக்கு 19 வயது. பிளஸ் டூ படிக்கும்போதே காதோரம் நரைக்கத் தொடங்கிவிட்டது. ஒரு நிறுவனத்தின் இணையதளத்தில் ‘இலவச முடிப் பரிசோதனை’ என்று கேள்விகள் கேட்டார்கள். பதில் சொன்னதும் உடல் சூடு, செரிமானக் கோளாறு, சத்துக் குறைவு என்று மூன்று காரணங்களைக் காட்டி, எண்ணெயும் மாத்திரையும் சூரணமும் அடங்கிய மூன்று மாத கிட்டை 5,400 ரூபாய்க்கு அனுப்பினார்கள். மூன்று மாதம் முடிந்தும் மாற்றம் இல்லை. இன்னும் ஐந்து மாதம் தொடர வேண்டும் என்கிறார்கள். தொடரலாமா? (ஒரு தாய், ஈரோடு)

பதில்: தொடர வேண்டாம். மகன் கண்ணாடி முன் நின்று தலையைக் கோதிக்கொண்டிருப்பதைப் பார்க்கும் எந்தத் தாயும் இந்தப் பணத்தைக் கொடுத்திருப்பார். அந்த மனநிலையை அறிந்தே இந்த வியாபாரம் நடக்கிறது என்பதால் உங்களைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை. ஆனால் அந்த ‘பரிசோதனை’யைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும்.

முடியின் வேர்க்காலில் உள்ள நிறமிச் செல்கள் மெலனின் என்ற நிறமியைத் தயாரித்து, வளரும் முடிக்குள் ஏற்றுகின்றன. அந்தச் செல்களுக்கு ஈடாகப் புதியவற்றைத் தரும் மூலச் செல்கள் குறைந்துபோனாலோ செயலிழந்தாலோ முடி நிறமில்லாமல் வெளிவருகிறது. வெளியே வந்துவிட்ட முடி உயிரற்றது. அதன்மேல் எதைப் பூசினாலும் சாயம் ஏறுமே தவிர மெலனின் திரும்பாது. முடி மாதத்துக்கு ஏறக்குறைய ஒரு சென்டிமீட்டர்தான் வளரும் என்பதால், உள்ளே இருக்கும் கோளாறு சரியானாலும் கருமை வேரிலிருந்து மெல்லத்தான் ஏறிவர முடியும். ‘ஏழே நாளில் கருமை’ என்று சொல்லும் எண்ணெயில் ஒன்று சாயம் இருக்க வேண்டும், அல்லது சொல்வது பொய்யாக இருக்க வேண்டும்.

இனி காரணங்கள். ஆசிய மக்களிடையே 25 வயதுக்கு முன் நரைப்பதை மருத்துவர்கள் இளநரை என்கிறார்கள். மிகப் பெரும்பாலும் அது பரம்பரையாக வருவது. நரைப்பதோடு தொடர்புடைய ஐ.ஆர்.எஃப்.4 என்ற மரபணுவை 2016-இல் லண்டன் பல்கலைக்கழகக் கல்லூரியைச் சேர்ந்த ஆய்வாளர்கள் தலைமையிலான குழு அடையாளம் கண்டது. எனவே முதலில் கேட்க வேண்டியது, மகனின் தந்தைக்கும் தாய்மாமனுக்கும் தாத்தாக்களுக்கும் எந்த வயதில் நரைத்தது என்பதுதான். அடுத்தது, சரிசெய்யக்கூடிய சில காரணங்கள்: வைட்டமின் பி12 குறைபாடு, தைராய்டு கோளாறு, இரும்புச்சத்துக் குறைவு. அசைவமும் பாலும் குறைவாகச் சாப்பிடுபவர்கள், நீரிழிவுக்காக மெட்ஃபார்மின் மாத்திரையையோ அமிலம் குறைக்கும் மாத்திரையையோ நீண்டகாலமாக எடுப்பவர்கள் ஆகியோருக்குப் பி12 குறையலாம். வெண்புள்ளி போன்ற, உடலின் எதிர்ப்பாற்றலே நிறமிச் செல்களைத் தாக்கும் நோய்களிலும் முடி வெளுக்கும். புகைப்பவர்களிடம் இளநரை அதிகம் காணப்படுகிறது என்று பல ஆய்வுகள் சொல்கின்றன. குறைபாடுதான் காரணம் என்றால், அதைச் சரிசெய்த பிறகு சிலருக்கு நிறம் திரும்புகிறது. பரம்பரை என்றால் கடையில் விற்கும் எதனாலும் திரும்புவதில்லை.

இவற்றில் எதையும் கைப்பேசித் திரையில் கேட்கும் கேள்விகளால் கண்டுபிடிக்க முடியாது. அத்தகைய ஒரு தளத்தில், வேளைக்கு உறங்கி, நன்றாகச் சாப்பிட்டு, ஒரு நரைகூட இல்லாத இளைஞராக என்னைக் காட்டிக்கொண்டு பதில்களை நிரப்பிப் பார்த்தேன். எனக்கும் உடல் சூடு இருந்தது; எனக்கும் அதே கிட்தான் பரிந்துரைக்கப்பட்டது. எந்தப் பதிலைக் கொடுத்தாலும் கடைசியில் ஒரே பெட்டியில் கொண்டுபோய் நிறுத்துவது பரிசோதனை அல்ல, விற்பனைக் கவுன்ட்டர். மூன்று மாதத்துக்கு விற்றுவிட்டு, பலனில்லை என்று கேட்கும்போது எட்டு மாதம் என்று சொல்வதும் அந்த விற்பனையின் தொடர்ச்சியே.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். இந்தியாவின் 1945-ஆம் ஆண்டு மருந்து விதிகளில் ‘ஜே’ அட்டவணை என்று ஒன்று உண்டு. எந்த நோய்களைக் குணப்படுத்துவதாக ஒரு மருந்து உரிமை கோரக் கூடாது என்ற பட்டியல் அது. புற்றுநோய், நீரிழிவு ஆகியவற்றோடு வழுக்கையும் இளநரையும் பெயர் சொல்லியே அதில் இடம்பெற்றிருக்கின்றன. அதனால்தான் பல நிறுவனங்கள் அலோபதி மருந்து என்ற பெயரை நெருங்காமல், அழகுசாதனம், உணவுத் துணைப்பொருள், ஆயுர்வேதத் தயாரிப்பு என்று வேறு வாசல்களில் நுழைகின்றன. எந்த வாசலில் நுழைந்தாலும், தவறாக வழிநடத்தும் விளம்பரம் 2019-ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தின்படி குற்றமே. மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் முதல் முறை 10 லட்சம் ரூபாய் வரையும், மீண்டும் செய்தால் 50 லட்சம் வரையும் அபராதம் விதிக்கலாம். அந்த விளம்பரத்தைப் படம்பிடித்து வைத்துக்கொண்டு 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் புகார் பதியுங்கள். மகனை ஒரு தோல் மருத்துவரிடம் அழைத்துச் செல்லுங்கள். அந்தச் செலவு நிச்சயம் 5,400 ரூபாயை எட்டாது.

கேள்வி: நரைத்த முடியைப் பிடுங்கினால் பக்கத்து முடியும் நரைக்குமா? (மாணவி, தஞ்சாவூர்)

பதில்: நரைக்காது, ஒவ்வொரு வேர்க்காலும் தனித்தனி. ஆனால் பிடுங்கிக்கொண்டே இருந்தால் அந்த இடத்தில் முடியே வராமல் போகலாம்.

கேள்வி: 23 வயது. திருமணத்துக்கு முந்தைய வாரம் அழகு நிலையத்தில் ‘முழுக்க மூலிகை, அம்மோனியா இல்லை’ என்று ஒரு கறுப்பு மருதாணிப் பொடியைத் தலையில் பூசினார்கள். பத்தே நிமிடத்தில் முடி கறுத்தது. மறுநாள் காலை கண்ணிமைகள் வீங்கி, நெற்றியோரம் நீர் வடிந்தது. கேட்டால் ‘உங்கள் உடம்புக்கு ஒத்துக்கொள்ளவில்லை’ என்கிறார்கள். குற்றம் என்னுடையதா? (மணப்பெண், மதுரை)

பதில்: உங்களுடையது இல்லவே இல்லை. மருதாணி இலையில் உள்ள சாயம் முடியைச் செம்பழுப்பாக்கும், கறுப்பாக்காது. இலைகளால் மட்டும் கருமை வேண்டுமென்றால் மருதாணியைப் பூசி அலசிய பிறகு அவுரி இலைப் பொடியைத் தனியாகக் குழைத்துப் பூச வேண்டும். அது மணிக்கணக்கில் ஆகும் வேலை. பத்து நிமிடத்தில் கறுக்கிறது என்றால் அதில் பாரா-பினிலின்டையமின் என்ற ரசாயனம் கலந்திருக்கிறது என்றே சந்தேகிக்க வேண்டும். நீங்கள் விவரித்திருக்கும் இமை வீக்கமும் நீர் வடிதலும் அந்த ரசாயனத்துக்கான ஒவ்வாமையின் அறிகுறிகளோடு பொருந்துகின்றன. ‘அம்மோனியா இல்லை’ என்ற வரி இதில் எந்தப் பாதுகாப்பையும் தராது. அம்மோனியா இல்லாத சாயத்திலும் இந்த ரசாயனம் இருக்கலாம்.

இந்த ரசாயனம் உள்ள சாயப் பொட்டலத்தின் மீது, தோல் எரிச்சல் உண்டாகலாம், முன்னதாகச் சிறிதளவு பூசிச் சோதிக்க வேண்டும், புருவத்திலும் இமையிலும் பூசினால் பார்வை பறிபோகலாம் என்ற எச்சரிக்கை இருக்க வேண்டும் என்பது சட்டம். அந்தச் சோதனையைச் செய்து 48 மணி நேரம் காத்திருக்க வேண்டியது அழகு நிலையத்தின் பொறுப்பு. ‘மூலிகை’ என்று சொல்லி அதைத் தவிர்த்ததும், பொட்டலத்தில் உண்மையை மறைத்திருந்தால் அதுவும், சேவைக் குறைபாடு.

முதலில் சிகிச்சை எடுத்துக்கொள்ளுங்கள். மருத்துவரின் சீட்டு, முகத்தின் படங்கள், அழகு நிலையத்தின் ரசீது ஆகியவற்றைப் பத்திரப்படுத்துங்கள். அந்தக் காலிப் பொட்டலத்தை எப்படியாவது வாங்கி வையுங்கள். பொருளைப் பற்றி மாநில மருந்துக் கட்டுப்பாட்டுத் துறைக்கு எழுதலாம். இழப்பீட்டுக்கு உங்கள் மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் இரண்டு ஆண்டுகளுக்குள் வழக்குத் தொடுக்கலாம். அழகு நிலையத்துக்குச் செலுத்திய தொகை 5 லட்சம் ரூபாய்க்கு மிகாதபோது கட்டணம் கிடையாது, வழக்கறிஞர் வைப்பதும் கட்டாயம் இல்லை. இந்த ஒவ்வாமை ஒருமுறை வந்தால் பெரும்பாலும் ஆயுள் முழுவதும் தொடரும் என்பதால், தோல் மருத்துவரிடம் ஒட்டுச் சோதனை (சந்தேகப் பொருளைத் தோலில் ஒட்டிப் பார்ப்பது) செய்து உறுதிப்படுத்தி, அந்தச் சீட்டை எப்போதும் கைவசம் வைத்திருங்கள்.

கேள்வி: ஒரு காணொளியைப் பார்த்து, அதிலிருந்த எண்ணுக்கு 8,000 ரூபாய் அனுப்பி மலைவாசிகளின் எண்ணெய் வாங்கினேன். புட்டியில் முகவரி இல்லை, தயாரித்த தேதி இல்லை. ரசீதும் தரவில்லை. இது எனக்கு மூன்றாவது முறை. இப்போது அந்த எண் அணைந்துகிடக்கிறது. பணத்தை எப்படித் திரும்பப் பெறுவது? (வாசகர், கோயம்புத்தூர்)

பதில்: உடனடியாக 1930 என்ற இணையக் குற்ற உதவி எண்ணில் புகார் செய்யுங்கள், பணம் போன சில மணி நேரத்துக்குள் சொல்லியிருந்தால் வாய்ப்பு அதிகம் இருந்திருக்கும். மூன்று முறையும் முகவரியில்லாத புட்டியையே வாங்கியிருக்கிறீர்கள் என்பதற்கு மேல் நான் எழுத எதுவுமில்லை.

கேள்வி: இளநரைக்காக நான்கு மாதமாக பயோட்டின் என்ற வைட்டமின் கலந்த கம்மிகள் (மெல்லும் மிட்டாய்கள்) சாப்பிடுகிறேன், ஒன்றில் 10,000 மைக்ரோகிராம். சமீபத்தில் 90 பரிசோதனைகள் அடங்கிய உடல்நலப் பேக்கேஜ் எடுத்தபோது தைராய்டு அதிகமாகச் சுரக்கிறது என்று வந்திருக்கிறது. இளநரைக்கு இதுதான் காரணமா? (26 வயது, திருநெல்வேலி)

பதில்: இருக்கலாம். ஆனால் அதற்கு முன் அந்தக் கம்மிகளைச் சந்தேகியுங்கள். பல ஆய்வகக் கருவிகள் ரத்தத்தில் ஹார்மோன்களை அளக்க பயோட்டின் ஒட்டிக்கொள்ளும் தன்மையைப் பயன்படுத்துகின்றன. ரத்தத்தில் பயோட்டின் மிகுந்திருந்தால் தைராய்டைத் தூண்டும் டி.எஸ்.எச். ஹார்மோனின் அளவு இருப்பதைவிடக் குறைவாகவும், தைராய்டு சுரக்கும் தைராக்சினின் அளவு இருப்பதைவிடக் கூடுதலாகவும் காட்டப்படலாம். அதாவது நல்ல தைராய்டே மிகையாகச் சுரப்பதுபோல் தோன்றும். அமெரிக்க உணவு மற்றும் மருந்து நிர்வாகம் 2017-இலேயே இதுபற்றி எச்சரித்தது. மாரடைப்பை உறுதிசெய்யும் ட்ரோபோனின் பரிசோதனையும் இதனால் பிழையாகலாம் என்றது. கம்மிகளை நிறுத்திச் சில நாள் கழித்து, எவ்வளவு சாப்பிட்டீர்கள் என்பதை மருத்துவரிடமும் ஆய்வகத்திடமும் சொல்லிவிட்டு, தைராய்டை மட்டும் மறுபடி பரிசோதியுங்கள். அதுவரை தைராய்டு மாத்திரை எதையும் தொடங்காதீர்கள்.

நமக்கு ஒரு நாளைக்குத் தேவையான பயோட்டின் சில பத்து மைக்ரோகிராம்தான். சாதாரணச் சாப்பாட்டிலேயே அது கிடைத்துவிடும். பயோட்டின் குறையே இல்லாதவருக்கு அதைப் பல நூறு மடங்கு கொடுத்தால் முடி கறுக்கும் என்பதற்கு ஆதாரம் இல்லை. புட்டியைத் திருப்பிப் பாருங்கள்: ‘மருத்துவப் பயன்பாட்டுக்கு அல்ல’ என்ற வரி இருக்கும், இருக்க வேண்டும். முன்பக்கம் ஒன்று சொல்ல, பின்பக்கம் அதை மறுக்கிறது. நாம் முன்பக்கத்தை மட்டும் படித்துவிட்டுக் காசு கொடுக்கிறோம். 90 பரிசோதனைகளும் அப்படித்தான். இளநரைக்கு மருத்துவர் பொதுவாகக் கேட்பவை ஹீமோகுளோபின், இரும்புச்சத்து இருப்பைக் காட்டும் ஃபெரிட்டின், பி12, டி.எஸ்.எச். போன்ற சிலவே.

கேள்வி: எங்கள் பகுதியில் போர் தண்ணீர் கடும் உப்பு. அதனால்தான் பிள்ளைகளுக்கு நரைக்கிறது என்று சொல்லி, குழாயில் மாட்டும் ஷவர் ஃபில்டரை 2,200 ரூபாய்க்கு விற்கிறார்கள். வாங்கலாமா? (குடும்பத் தலைவி, சென்னை)

பதில்: வேண்டாம். கடின நீரால் முடி சொரசொரப்பாகும், சோப்பு நுரைக்காது, பக்கெட்டில் வெள்ளைப் படிவு ஏறும். வேர்க்காலில் நிறமி குறையாது. மேலும், உள்ளங்கையளவு உருளைக்குள் கரியும் சிறு உலோகத் துகள்களும் அடைத்த அந்த ஃபில்டர் குளோரினைக் கொஞ்சம் குறைக்குமே தவிர, கடினத்தன்மையைக் குறைக்காது. அதற்கு ரெசின் என்ற பிசின் மணிகளை நிரப்பி, அவ்வப்போது உப்புக் கரைசலால் புதுப்பிக்க வேண்டிய பெரிய சாதனம் தேவை. என் வீட்டுக் குளியலறையிலும் அப்படியொரு ஃபில்டர் தொங்குகிறது; பக்கெட்டில் படிவு ஏறுவது மட்டும் நிற்கவில்லை.

கேள்வி: கறிவேப்பிலைச் சாறு புட்டியில் 900 ரூபாய். நல்லதா? (வாசகர், சேலம்)

பதில்: கறிவேப்பிலைத் துவையல் நல்லது.

கேள்வி: ஐ.டி. வேலை, 24 வயது, இரவுப் பணி. ஒரே ஆண்டில் நன்றாக நரைத்துவிட்டது. மன அழுத்தம்தான் இளநரைக்குக் காரணம் என்று அறிவியலே நிரூபித்துவிட்டதாக ஒரு விளம்பரம் சொல்கிறது. அவர்களுடைய அமுக்கரா (அஸ்வகந்தா) மாத்திரையை மாதம் 1,300 ரூபாய்க்கு வாங்கலாமா? (வாசகர், சென்னை)

பதில்: விளம்பரம் பாதி உண்மையைச் சொல்லி மீதியை விற்கிறது. 2020-இல் ஹார்வர்டு ஆய்வாளர்கள், கடும் அழுத்தத்துக்கு உள்ளான எலிகளின் நரம்புகள் வெளியிடும் நாரட்ரினலின் என்ற வேதிப்பொருள், முடியின் நிறமி மூலச் செல்களைத் தீர்த்துவிடுவதைக் காட்டினார்கள். 2021-இல் கொலம்பியா பல்கலைக்கழக ஆய்வாளர்கள், மிகச் சிலரின் தனித்தனி முடிகளை ஆராய்ந்து, அழுத்தம் குறைந்த காலத்தில் சில முடிகளில் நிறம் திரும்பியதைப் பதிவு செய்தார்கள். இந்த இரண்டிலும் அமுக்கரா என்ற பேச்சே இல்லை. எலியிலிருந்து உங்கள் தலைக்கும், அங்கிருந்து அவர்களுடைய டப்பாவுக்கும் தாவியது விளம்பரம் எழுதியவரின் கைவேலை.

இரவுப் பணியில் இருக்கும் நீங்கள் வேளைக்குச் சாப்பிடுகிறீர்களா, புகைக்கிறீர்களா என்பதைக் கடிதத்தில் எழுதவில்லை. ஒரே ஆண்டில் வேகமாக நரைத்திருந்தால் பி12-ஐயும் தைராய்டையும் பார்ப்பது நியாயம். முடிவு சரியாக வந்து, உங்கள் அப்பாவுக்கும் இதே வயதில் நரைத்திருந்தால், நல்ல சாயம் ஒன்றை, முன்னதாகச் சிறிதளவு பூசிச் சோதித்த பிறகு பயன்படுத்துங்கள், அல்லது அப்படியே விட்டுவிடுங்கள். இரண்டுமே மாதம் 1,300 ரூபாயைவிடச் சிக்கனம்.