தனியாக இருக்கிறேன், ராத்திரி தூக்கம் வரவில்லை: பதில்

ஓய்வு பெற்றபின் தனியாக இருக்கிறீர்கள், பகல் அமைதியாகத்தான் போகிறது, ஆனால் ராத்திரி இரண்டு மணிவரை தூக்கம் வருவதில்லை, யாரிடமும் பேசாமலே நாள் முடிந்துவிடுகிறது என்று எழுதியிருக்கிறீர்கள். அமைதி ஒரு கோளாறு இல்லை, அதை விடுங்கள். என் கண்ணில் பட்டது மதியம் நீங்கள் போடும் இரண்டு மணி நேரத் தூக்கம்தான். அலாரம் வைத்து அதை 20 நிமிடத்தில் முடித்துக்கொள்ளுங்கள். மாலைக் காபியும் வேண்டாம், காஃபீனில் பாதி உடம்பைவிட்டுப் போகவே சுமார் 5 மணி நேரம் ஆகும். அப்புறம், ராத்திரி எத்தனை மணிக்குத் தூங்கினாலும் காலையில் ஒரே நேரத்தில் எழுந்து வெளியே வெளிச்சத்தில் கொஞ்சம் நடங்கள். உடம்பின் கடிகாரம் முக்கியமாக அந்த வெளிச்சத்தை வைத்துத்தான் ஓடுகிறது, வீட்டு விளக்கு அதன் கிட்டக்கூட வராது.

அடுப்படியில் நின்றபடியே பாத்திரத்திலிருந்து சாப்பிடுவதாகச் சொன்னீர்களே, தட்டில் போட்டு உட்கார்ந்து சாப்பிட்டுப் பாருங்கள்.

நீங்கள் கேட்காத ஒன்று. குளிக்கும்போது உள்தாழ்ப்பாள் போடாதீர்கள் (ஆளில்லாத வீட்டில் யாருக்காகத் தாழ்ப்பாள்?), போனை உள்ளே கொண்டுபோய், வழுக்கி விழுந்தால் தரையில் கிடந்தபடியே எட்டும் இடத்தில் வையுங்கள். பக்கத்து வீட்டில் ஒரு சாவி இருக்கட்டும். தினமும் காலையில் ஒருவருக்கு வாட்ஸ்அப்பில் ஒரு வரி அனுப்புங்கள், பத்து மணிக்குள் வரவில்லை என்றால் அவர் கூப்பிட வேண்டும் என்று பேசி வைத்துக்கொள்ளுங்கள். பேச ஆளில்லை என்ற குறையும் பெரும்பாலும் அதிலேயே கொஞ்சம் தீரும்.

ஒரு மாதம் இப்படி இருந்தும் தூக்கம் சரியாகவில்லை, அல்லது பிடித்த வேலைகளில்கூட மனசு ஒட்டவில்லை என்றால் தள்ளிப்போடாமல் டாக்டரிடம் போங்கள்.