கதீஜா என்றால் ‘குறைமாதத்தில் பிறந்தவள்’ என்று அர்த்தமாமே, குழந்தைக்கு வைக்கலாமா?

கேள்வி கேட்ட சகோதரி எழுதியிருப்பதைச் சுருக்கிச் சொல்கிறேன். பெண் குழந்தை பிறந்திருக்கிறது. மாமியார் கதீஜா என்று பெயர் வைக்கச் சொல்கிறார். இணையத்தில் தேடினால் ஒரு தளம் ‘மரியாதைக்குரியவள்’ என்கிறது, இன்னொன்று ‘நம்பிக்கைக்குரியவள்’ என்கிறது, மூன்றாவது ‘குறைமாதத்தில் பிறந்தவள்’ என்கிறது. எது சரி? மூன்றாவதுதான் சரி என்றால் அந்தப் பெயரை வைக்கலாமா?

மூன்றாவதுதான் சரி. தாராளமாக வையுங்கள். என் மகள் பெயரும் கதீஜாதான். அர்த்தம் தெரிந்தே வைத்தோம். சொல்லப்போனால் அந்த அர்த்தத்துக்காகவே வைத்தோம்.

ஒன்பது வருடத்துக்கு முன்னால் ஷார்ஜாவில் இருந்தோம். பிரசவத்துக்கு இன்னும் இரண்டு மாதம் இருக்கிறதே என்று நான் நிம்மதியாக இருந்த நேரத்தில், 31வது வாரமே வலி கண்டுவிட்டது. பிள்ளை பிறந்தபோது எடை 1,380 கிராம். முகத்தைக்கூட எனக்குச் சரியாகக் காட்டாமல் எடுத்துக்கொண்டு ஓடினார்கள். மறுநாள் சக்கர நாற்காலியில் உட்காரவைத்து என்னைத் தள்ளிக்கொண்டு போனார்கள். கண்ணாடிக் கதவுக்கு மேலே ஒரு பலகை இருந்தது. ஆங்கிலத்தில் நீளமாக ஏதோ, அதற்கு மேல் அரபியில் இரண்டே சொல். சின்ன வயதில் மத்ரஸாவில் ஓதிய பழக்கம், அரபி எழுத்தைக் கண்டால் கண் தானாகக் கூட்டிப் படிக்கும். ‘கிஸ்முல் குத்தஜ்’ என்று வந்தது. கிஸ்ம் என்றால் பிரிவு என்பது மற்றக் கதவுகளைப் பார்த்துத் தெரிந்திருந்தது. குத்தஜ் மட்டும் விளங்கவில்லை.

பிள்ளையைக் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்திருந்தார்கள். பக்கவாட்டில் வட்டமாக ஒரு துவாரம், அதன் வழியாகக் கையை விடலாம். மூக்கில் நூல் மாதிரி ஒரு குழாய். அதன் வழியாக ஒரு வேளைக்கு மூன்று மில்லி பால். இருப்பதிலேயே சின்ன டயப்பரை வாங்கி, அதையும் பாதியாக மடித்துக் கட்டியிருந்தார்கள். என் சுண்டுவிரலை நீட்டினேன். அவளுடைய ஐந்து விரலும் சேர்ந்து அதில் ஒரு கணுவைச் சுற்றிப் பிடித்தன.

அங்கே சூடான் நாட்டுத் தாதி ஒருவர் இருந்தார். அழுகையை அடக்க ஏதாவது பேச வேண்டும் போல இருந்தது, குத்தஜ் என்றால் என்ன என்று கேட்டேன். மாதம் நிறையாமல் பிறந்த பிள்ளைகள் என்றார். அது பன்மை, ஒரு பிள்ளை என்றால் கதீஜ், பெண் பிள்ளை என்றால் கதீஜா. சொல்லிவிட்டு, ‘எங்கள் அன்னை கதீஜா மாதிரி’ என்று, நபி (ஸல்) அவர்களின் முதல் மனைவியை நினைத்து நெஞ்சில் கையை வைத்துக்கொண்டார்.

என் வாப்பும்மா, அதாவது வாப்பாவைப் பெற்றவர், அவர் பெயர் கதீஜா உம்மா. எழுபது வருடத்துக்கு மேல் அந்தப் பெயரோடு வாழ்ந்து மறைந்தவர். அதற்கு இப்படி ஓர் அர்த்தம் இருப்பது அவருக்கும் தெரியாது, வைத்தவர்களுக்கும் தெரிந்திருக்காது. அன்று சாயங்காலமே என் கணவரிடம் சொல்லிவிட்டேன், பெயர் முடிவாகிவிட்டது என்று.

இனி அர்த்தத்துக்கு வருகிறேன். அரபியில் பெரும்பாலான சொற்கள் மூன்று எழுத்து வேரிலிருந்து கிளைப்பவை. இந்தப் பெயரின் வேர் கா, தால், ஜீம். இது ஒட்டகம் வளர்த்தவர்களின் சொல். பெண் ஒட்டகம் நாள் நிறையும் முன்பே குட்டி போட்டுவிட்டால் அதைச் சொல்ல ‘கதஜத்’ என்ற வினை. பழைய அரபி அகராதிகள் இங்கே ஒரு நுணுக்கம் காட்டுகின்றன. குட்டியின் உறுப்பெல்லாம் சரியாக அமைந்திருந்து, நாள் மட்டும் குறைந்திருந்தால் ‘கதஜத்’. நாள் நிறைந்தும் உருவில் குறையிருந்தால் ‘அக்தஜத்’, அந்தக் குட்டி ‘முக்தஜ்’. கதீஜ், கதீஜா இரண்டும் முதல் வகையைச் சேர்ந்தவை. நாள் குறைந்ததே தவிர ஆள் குறையவில்லை. இந்த வித்தியாசத்தைப் பெயர் அகராதி போடும் தளங்கள் சொல்வதே இல்லை. அதைச் சொல்லாமல் ‘முழுமையடையாதவள்’ என்று ஒரே சொல்லில் முடிப்பதால்தான் தாய்மார்கள் பயந்துபோகிறார்கள்.

அந்த வேருக்கு ‘குறை’ என்ற சாயலே கிடையாது என்று நான் சொல்ல வரவில்லை. குர்ஆனின் முதல் அத்தியாயமான பாத்திஹாவை ஓதாத தொழுகை ‘கிதாஜ்’, அதாவது நிறைவு பெறாதது என்று ஹதீஸில், அதாவது நபிமொழியில் வருகிறது. அதுவும் இதே வேர்தான். ஆனால் ஆளுக்கு வரும்போது அது ‘முன்கூட்டியே வந்துவிட்டவள்’ என்பதைத்தான் சொல்கிறது. இன்றைய அரபு நாடுகளில் ஆஸ்பத்திரிப் பலகையிலும் செய்தித்தாளிலும் அன்றாடம் புழங்கும் சாதாரணச் சொல் அது. ஆண்களுக்கும் வைத்திருக்கிறார்கள். ராஃபிஉ பின் கதீஜ் என்று மதீனாவைச் சேர்ந்த ஒரு நபித்தோழர் உண்டு. பத்ருப் போருக்கு வந்தபோது வயது போதாது என்று திருப்பி அனுப்பப்பட்டு, அடுத்து உஹத் போரில் நல்ல வில்லாளி என்பதால் சேர்த்துக்கொள்ளப்பட்டவர். அவருடைய தகப்பனார் பெயர் கதீஜ்.

பிள்ளைப்பேற்றை ஒட்டிய பெயர்கள் அரபிகளிடம் வேறும் இருந்தன. பாத்திமாவை எடுத்துக்கொள்ளுங்கள். அதன் வேருக்குப் பால் மறக்கச் செய்தல் என்று பொருள். அன்னை கதீஜாவைப் பெற்றவர் பெயர் பாத்திமா, அவர் பெற்ற கடைசி மகள் பெயரும் பாத்திமா. நடுவில் கதீஜா. மூன்று தலைமுறைப் பெயரிலும் தாயும் பச்சைப் பிள்ளையுமாகத்தான் இருக்கிறார்கள். எனக்கு இதைவிட அழகான பெயர் வரிசை தெரியாது.

பொருள் சரியில்லை என்றால் பெயரை மாற்றச் சொல்லும் வழக்கம் இருக்கிறதே என்று உங்களுக்குத் தோன்றலாம். நபி (ஸல்) அவர்கள் அப்படி மாற்றியது உண்டு. ‘மாறு செய்பவள்’ என்று பொருள்படும் ஆஸியா என்ற பெயரை ஜமீலா என்று மாற்றினார்கள். (எகிப்து மன்னன் ஃபிர்அவ்னின் மனைவி ஆசியா வேறு பெயர், எழுத்தே வேறு. தமிழில் எழுதினால் இரண்டும் ஒன்று போல இருக்கும், குழப்பிக்கொள்ள வேண்டாம்.) இன்னொன்றும் இருக்கிறது. ‘பர்ரா’ என்றால் புண்ணியவதி. கேட்க எவ்வளவு நல்ல பெயர்! அதையும் மாற்றினார்கள், தன்னைத்தானே புகழ்ந்துகொள்வது போல இருக்கிறது என்பதற்காக. பின்னாளில் நபியின் மனைவியான ஜுவைரிய்யா (ரலி) அவர்களுக்கு முன்பு இருந்த பெயரும் பர்ராதான். இப்படிப் பெயர்களைக் கவனித்துப் பார்த்தவர்கள், தம் முதல் மனைவி கதீஜாவின் பெயரை மாற்றவில்லை. அவர் மறைந்த பிறகும் அந்தப் பெயரை அவ்வளவு ஆசையாகச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். ‘அர்த்தம் சரியில்லை, மாற்றுங்கள்’ என்று யாராவது உங்களிடம் சொன்னால் இந்த ஒன்றை மட்டும் எடுத்துச் சொல்லுங்கள், போதும்.

அன்னை கதீஜா (ரலி) மக்காவில் குறைஷிக் குலத்தின் அஸது கிளையைச் சேர்ந்தவர், குவைலிதின் மகள். சொந்தமாக வியாபாரம் செய்தவர். ஆட்களை லாபத்தில் பங்கு என்று பேசி ஷாம் தேசத்துக்கு (இன்றைய சிரியாப் பக்கம்) சரக்கோடு அனுப்புவார். அப்படி அனுப்பப்பட்டவர்களில் ஒருவராகத்தான் இளைஞர் முஹம்மது (ஸல்) அவர் வாழ்வில் வருகிறார்கள். கூடப் போய்வந்த ஊழியர் மைஸரா சொன்னதைக் கேட்டு, கதீஜாவே முன்வந்து ஆள் அனுப்பிக் கல்யாணம் பேசுகிறார். பிறகு முதல் இறைச்செய்தி வந்த ஹிராக் குகையிலிருந்து கணவர் நடுநடுங்கி வந்து ‘என்னைப் போர்த்துங்கள்’ என்றபோது, போர்த்திவிட்டு அவர் சொன்ன தைரியம்: நீங்கள் உறவைப் பேணுகிறீர்கள், இல்லாதவருக்குக் கொடுக்கிறீர்கள், விருந்தினரை உபசரிக்கிறீர்கள், அல்லாஹ் உங்களைக் கைவிட மாட்டான். இந்தக் கதை நம் வீடுகளில் எல்லாருக்கும் தெரியும் என்பதால் நீட்டவில்லை. 619இல் மக்காவில் காலமானார். ஜன்னத்துல் முஅல்லாவில் அடக்கம்.

நான் அடிக்கடி நினைத்துப் பார்ப்பது அவர் மறைவுக்குப் பிறகு நடந்த ஒன்றை. மூத்த மகள் ஸைனபின் கணவர் அபுல் ஆஸ் அப்போது முஸ்லிமாகவில்லை. 624இல் பத்ரில் எதிரணியில் நின்று பிடிபட்டார். மக்காவில் இருந்த ஸைனப் கணவரை மீட்கப் பணம் அனுப்பினார். அந்தப் பணத்தோடு ஒரு கழுத்து மாலையும் இருந்தது. கல்யாணத்தின்போது உம்மா கதீஜா மகளுக்குப் போட்டு அனுப்பிய மாலை. அதைப் பார்த்ததும் நபி (ஸல்) அவர்கள் மனம் இளகிப்போனார்கள். தோழர்களைப் பார்த்து, ‘உங்களுக்குச் சம்மதமென்றால் கைதியையும் விட்டுவிட்டு அவளுடைய மாலையையும் திருப்பிக் கொடுத்துவிடுங்கள்’ என்றார்கள். கதீஜா போய் நான்கைந்து வருடம் ஆகியிருந்தது அப்போது. ஆடு அறுத்தால் இறைச்சியைப் பங்கிட்டு ‘இது கதீஜாவின் தோழிகளுக்கு’ என்று அனுப்புவார்களாம். ‘நான் பார்த்தேயிராத கதீஜாவின் மேல் பட்ட பொறாமை வேறு யார் மேலும் எனக்கு வந்ததில்லை’ என்று, பின்னால் நபியை மணந்த ஆயிஷா (ரலி) அவர்களே சொல்லியிருக்கிறார்கள்.

அந்தப் பெயர் பிறகு போகாத ஊரில்லை. துருக்கியில் ஹதீஜே. இஸ்தான்புல் கடலோரத்தில் இருக்கும் ‘புதிய பள்ளிவாசல்’ பாதியில் நின்றுபோய்க் கிடந்ததை 1660களில் கட்டி முடித்தவர் சுல்தானின் தாயார் துர்ஹான் ஹதீஜே. போஸ்னியாவில் ஹதிஜா, ஹவுசா மொழியில் ஹதிஸா, கினி நாட்டில் கதியாத்து, செனெகலில் கதி. நமக்குப் பக்கத்திலேயே மாலத்தீவை 14ஆம் நூற்றாண்டில் ஆண்டவர் சுல்தானா கதீஜா. அவர் காலத்தில் அங்கே காஜியாக, அதாவது நீதிபதியாக இருந்த மொராக்கோப் பயணி இப்னு பதூதா, ‘இந்தத் தீவுகளின் அதிசயங்களில் ஒன்று, ஆள்பவர் ஒரு பெண்’ என்று எழுதிவைத்தார். அங்கிருந்து கிளம்பியவர் இலங்கைக்கும் பிறகு மதுரைக்கும்தான் வந்தார்.

தமிழுக்கும் இந்தப் பெயர் புதிதல்ல. உமறுப்புலவரின் சீறாப்புராணத்தில் ‘கதீஜா கனவு கண்ட படலம்’ என்று ஒரு படலமே இருக்கிறது. காயல்பட்டினம், கீழக்கரைப் பக்கமும் இலங்கையிலும் ‘கதீஜத்துல் குப்ரா’ என்று முழுசாக வைப்பார்கள். குப்ரா என்றால் பெரியவர், அன்னைக்குரிய சிறப்புப் பெயர். தனியாகச் சொல்லும்போது கதீஜா என்று முடிவது, அடுத்த சொல்லோடு சேரும்போது ஒளிந்திருக்கும் ‘த்’ வெளியே வந்து கதீஜத்து ஆகிறது. பழைய பத்திரங்களிலும் வாக்காளர் பட்டியலிலும் கதிசா, கதீசா, கதிஜா எல்லாம் பார்க்கலாம். என் வாப்பும்மாவின் ரேஷன் கார்டில் கதிசா உம்மாள் என்றுதான் இருந்தது.

இவ்வளவு சொன்ன பிறகும் உங்களுக்கு ஒரு சந்தேகம் வரலாம்: உங்கள் பிள்ளை நிறைமாதத்தில் பிறந்தவளாக இருந்தால் பொருந்துமா? பொருந்தும். பாத்திமா என்று பெயருள்ளவர்களை எல்லாம் நாம் பால்குடி மறக்கவைத்த கணக்கைக் கேட்டா கூப்பிடுகிறோம்? அந்தப் பெயரை வைக்கிற யாரும் மக்காவில் இருந்த அந்த ஒருவரை நினைத்துத்தான் வைக்கிறார்கள். எங்கள் வீட்டில் மட்டும் இரண்டு அர்த்தமும் சேர்ந்து அமைந்துவிட்டது.

34 நாள் கழித்துத்தான் அவளை வீட்டுக்குக் கொண்டுவந்தோம். இப்போது நான்காம் வகுப்பு. ‘எனக்கு ஏன் இந்தப் பேர்’ என்று கேட்டபோது பெட்டி, குழாய், மூன்று மில்லி பால் எல்லாவற்றையும் சொன்னேன். அதிலிருந்து வீட்டுக்கு வருகிறவர்களிடம் எல்லாம் அவளே எடுத்துச் சொல்கிறாள். உங்கள் மகளிடமும் மறைக்காமல் சொல்லுங்கள். ‘மரியாதைக்குரியவள்’ என்று மழுப்பிவைத்தால், பின்னால் அரபி படிக்கப் போகும் இடத்தில் யாராவது சொல்லித் தெரிந்துகொண்டு முகம் வாடி வருவாள்.

கடைசியாக, நான் பட்டதிலிருந்து ஒன்று. பிறப்புச் சான்றிதழுக்குக் கொடுப்பதற்கு முன் ஆங்கில எழுத்துக்கூட்டலை வீட்டில் உட்கார்ந்து முடிவு செய்துகொள்ளுங்கள். ‘கே’ எழுத்துக்குப் பக்கத்தில் ‘ஹெச்’ வருமா, ‘டி’க்குப் பக்கத்தில் வருமா, முடிவில் ‘ஹெச்’ உண்டா இல்லையா என்று இந்தப் பெயருக்கு ஏழெட்டு வடிவம் புழக்கத்தில் இருக்கிறது. எங்களுக்குச் சான்றிதழில் ஒன்று, பாஸ்போர்ட்டில் ஒன்று என்று வந்து, ஒரே எழுத்துக்காக நான்கு மாதம் அலைந்தோம்.