சுத்த ரிஷபமும் ஒரு முனைவர் பட்டமும்

அன்புள்ள ஐயா,

வணக்கம். தஞ்சை மாவட்டத்தில் ஓர் அரசு உதவிபெறும் பள்ளியில் இசை ஆசிரியையாக இருக்கிறேன். இசையில் எம்.ஏ. படித்தவள். வயது நாற்பதை நெருங்குகிறது. முனைவர் பட்ட ஆய்வு செய்ய வேண்டும் என்ற ஆசை கல்லூரி நாளிலிருந்தே உண்டு. திருமணம், குழந்தைகள், மாமனாரின் உடல்நிலை என்று தள்ளிப்போய்விட்டது.

அண்மையில் ஒரு நெறியாளரைப் போய்ப் பார்த்தேன். நான் வாய் திறப்பதற்கு முன்பே ஒரு வாக்கேயக்காரரின், அதாவது பாட்டும் மெட்டும் தாமே இயற்றியவரின், பெயரைச் சொல்லி, "இவருடைய கீர்த்தனைகள் – ஓர் ஆய்வு என்று தலைப்பு வைத்துக்கொள்ளுங்கள், சீக்கிரம் முடித்துவிடலாம்" என்றார். எனக்கு மனம் ஒப்பவில்லை. என் மனத்தில் இருந்தது வேறு. ஆறாம் வகுப்புக்குச் சரளி வரிசை என்ற முதல் சுரப் பயிற்சியைச் சொல்லித்தரும்போது பெரும்பாலான பிள்ளைகள் ரிஷபத்தை, அதாவது 'ச'-வுக்கு அடுத்த 'ரி'-யை, மேலே தூக்கிவிடுகிறார்கள். எத்தனை முறை திருத்தினாலும் அது ஏறிக்கொள்கிறது. அதே பிள்ளைகள் இடைவேளையில் பாம்பாட்டியின் மகுடி மெட்டை விளையாட்டாகப் பாடுகிறார்கள். அதில் அதே ரிஷபம் பிசகாமல் விழுகிறது. இது ஏன் என்று தெரிந்துகொள்ள வேண்டும் என்று சொன்னேன். "அது வகுப்பறை அனுபவம் அம்மா, ஆய்வு ஆகாது" என்று சொல்லிவிட்டார்.

எனக்குப் பாட்டுச் சொல்லிக்கொடுத்த ஆசானோ, "பாடுகிறவளுக்கு ஆய்வு எதற்கு? அந்த நேரத்தில் சாதகம் செய், பாடிப் பழகு" என்கிறார். வீட்டில், இந்த வயதில் எதற்கு என்கிறார்கள். இதற்கிடையில் ஒருவர் தொலைபேசியில் அழைத்து, பணம் கொடுத்தால் ஆய்வேட்டை எழுதியே தந்துவிடுவதாகச் சொன்னார். குழம்பிப்போயிருக்கிறேன். நான் கேட்ட கேள்வி ஆய்வுக்கு உரியதுதானா? உங்கள் கருத்தை அறிய விரும்புகிறேன். பெயரை வெளியிட வேண்டாம்.

ஒரு வாசகி


அன்புள்ள ஆசிரியைக்கு,

வணக்கம். நீங்கள் கேட்டது ஆய்வுக் கேள்விதான். கலைக் கல்வியில் இதைவிடக் கூர்மையான கேள்வி எளிதில் வாய்க்காது. அதை விட்டுவிடாதீர்கள்.

நீங்கள் கண்டதைக் கொஞ்சம் பிரித்துப் பார்ப்போம். சரளி வரிசையை மாயாமாளவகௌளை ராகத்தில் சொல்லித்தருகிறோம். ஒரு ஸ்தாயியை, அதாவது கீழ் 'ச'-விலிருந்து மேல் 'ச' வரைக்கும் உள்ள தூரத்தை, 1200 சென்ட் என்று கொண்டால், ஆதார சட்ஜத்திலிருந்து ('ச') இந்த ராகத்தின் சுத்த ரிஷபம் ('ரி') ஏறக்குறைய 100 சென்டில் இருக்கிறது, அந்தர காந்தாரம் ('க') ஏறக்குறைய 400-இல். அதாவது குழந்தை முதலில் ஒரு சிறிய அடி வைத்து, உடனே அதைப்போல மூன்று மடங்கு தாண்ட வேண்டும். மகுடி மெட்டு புன்னாகவராளி ராகம். அங்கேயும் அதே சுத்த ரிஷபம்தான். ஆனால் காந்தாரம் சாதாரண காந்தாரம், ஏறக்குறைய 300-இல். ரிஷபத்திலிருந்து அதற்கு இருக்கும் தூரம் குறைவு.

ஆகவே உங்கள் பிள்ளைகளுக்குச் சுத்த ரிஷபம் காதில் விழவில்லை என்றோ தொண்டையில் வரவில்லை என்றோ சொல்ல முடியாது. மகுடி மெட்டு அதற்குச் சாட்சி. பிறகு ஏன் சரளியில் ஏறுகிறது? முன்னால் இருக்கும் பெரிய தாண்டலுக்கு அஞ்சி, ரிஷபத்தை 200-க்கு உயர்த்தி, காந்தாரம் வரைக்கும் உள்ள தூரத்தைச் சமமான இரண்டு படிகளாக்கிக்கொள்கிறார்களா? அல்லது வீட்டிலும் தெருவிலும் கேட்கும் பாட்டுகளில் பெரும்பகுதி சதுஸ்ருதி ரிஷபத்தோடு, அதாவது அந்த 200-இல் நிற்கும் ரிஷபத்தோடு, இருப்பதால் காது அந்தப் பக்கம் இழுக்கிறதா? அல்லது 'ச ரி க ம' என்று எழுத்தைச் சொல்லிப் பாடுவதே தடையா? மகுடி மெட்டை அவர்கள் சுரம் சொல்லிப் பாடுவதில்லையே. ஒன்றை மட்டும் கேட்கிறேன். அவரோகணத்தில், காந்தாரத்திலிருந்து இறங்கி வரும்போது அந்த ரிஷபம் எங்கே விழுகிறது என்று கவனித்தீர்களா? ஏறும்போது தவறி, இறங்கும்போது சரியாக விழுந்தால் முதல் ஊகத்துக்கு வலு கூடும்.

இந்த மூன்றையும் பிரித்தறிய வழி இருக்கிறது. மகுடி மெட்டையே சுரம் சொல்லிப் பாடச் சொல்லுங்கள். சரளியைச் சுரப்பெயர் இல்லாமல் 'ஆ' என்று அகாரத்தில் பாடச் சொல்லுங்கள். நாதநாமக்ரியை ராகத்தில் சொற்களோடு கூடிய ஓர் எளிய பாட்டைக் கற்றுக்கொடுத்து, அதில் ரிஷபமும் காந்தாரமும் எப்படி அமைகின்றன என்று பாருங்கள். அதிலும் மாயாமாளவகௌளைக்குரிய ரிஷபமும் காந்தாரமும்தானே இருக்கின்றன. ஒவ்வொரு பிள்ளையையும் தனியாகப் பாடவைத்துப் பதிவுசெய்யுங்கள். கூட்டமாகப் பாடினால், உரத்த குரல் உள்ளவரைத்தான் மற்றவர்கள் பின்தொடர்வார்கள். சுருதிப் பெட்டி எல்லாருக்கும் ஒரே கட்டையில் இருக்கட்டும். சுரம் எந்த உயரத்தில் நிற்கிறது என்று வரைந்து காட்டும் பிராட், சோனிக் விஷுவலைசர் போன்ற மென்பொருள்கள் இலவசமாகவே கிடைக்கின்றன. உங்கள் காது எடுத்த முடிவையும் கருவி காட்டும் அளவையும் அருகருகே வைத்துப் பாருங்கள். இரண்டும் பொருந்தாத இடங்கள் வரும். அவற்றை ஒதுக்கிவிடாமல் அதிக நேரம் கொடுங்கள்.

சரளியை மாயாமாளவகௌளையில் தொடங்கும் வழக்கம் புரந்தரதாசரிடமிருந்து வந்தது என்று மரபு சொல்கிறது. அதற்குப் பாடநூல்கள் சொல்லும் காரணம் ராகத்தின் அமைப்பு. 'ச ரி க ம' எப்படியோ அப்படியே 'ப த நி ச', இரு பாதியும் ஒரே அளவில் அமைந்தவை. உண்மைதான். ஆனால் அது ராகத்தின் பக்கத்திலிருந்து சொன்ன காரணம். பதினொரு வயதுக் குழந்தையின் தொண்டைப் பக்கத்திலிருந்து யாராவது ஒருவர் பார்க்க வேண்டும். பார்த்த பிறகு, கடினமானதை முதலில் பழக்குவதுதான் சரி, மரபு சரியாகவே வைத்திருக்கிறது என்றுகூட முடிவு வரலாம். அப்படி வந்தால் அதை அப்படியே எழுதுங்கள். ஓதுவார் மரபில் பிள்ளைகள் பதிகங்களைச் செவிவழியாகவே பாடம் கேட்டார்கள். சுரத்தில் தொடங்கும் வழியும் பாட்டில் தொடங்கும் வழியும் காவிரிக் கரையில் நெடுங்காலம் பக்கத்துப் பக்கத்திலேயே இருந்திருக்கின்றன. இன்றும் மாவட்ட அரசு இசைப்பள்ளிகளில் தேவாரமும் குரலிசையும் தனித்தனிப் பாடங்கள். இரண்டையும் ஒப்பிட நீங்கள் வெகுதூரம் போக வேண்டியதில்லை.

இந்தக் கேள்வியைப் பற்றி நான் இவ்வளவு பேசுவதற்குக் காரணம் உண்டு. பள்ளியில் ஒரு பிள்ளையின் ரிஷபம் ஏறினால், "இவனுக்குச் சுருதி சேராது" என்று ஒரு வார்த்தை சொல்லிவிடுகிறோம். அந்த வார்த்தையோடு அவனுடைய பாட்டு முடிந்துவிடுகிறது. ஐம்பது வயதிலும், "எனக்கும் இசைக்கும் வெகுதூரம்" என்று சொல்கிறவர்களிடம் கேட்டுப் பாருங்கள். பலரிடம் பள்ளி நாளைய ஒரு வாத்தியாரின் ஒரு வார்த்தை இருக்கும். வீட்டில் பாட்டுச் சொல்லிக்கொடுக்க ஆளில்லாத பிள்ளைக்குப் பள்ளிதான் ஒரே வாசல். அந்த வாசலை ஒரு சுரத்தின் பேரில் மூடுகிறோம் என்றால், அந்தச் சுரம் ஏன் தவறுகிறது என்று தெரிந்துகொள்ளும் கடமை நமக்கு இருக்கிறது. உங்கள் நெறியாளர் 'வகுப்பறை அனுபவம்' என்று தள்ளிவிட்டாரே, இசைக் கல்வி ஆய்வுக்கு வகுப்பறையைவிட்டால் வேறு களம் எது?

அவர் சொன்ன தலைப்பைப் பற்றியும் சொல்ல வேண்டும். இந்தியப் பல்கலைக்கழக ஆய்வேடுகளைத் தொகுத்து வைத்திருக்கும் ஷோத்கங்கா இணையதளத்தில் இசைத்துறை ஆய்வேடுகளைத் திறந்து பாருங்கள். வாக்கேயக்காரரின் வாழ்க்கை, காலப் பின்னணி, கையாண்ட ராகங்கள், தாளங்கள், சாகித்தியச் சிறப்பு என்று இயல்கள் வரிசையாக அமைந்துவிடுகிற ஆய்வேடுகள் அங்கே குவிந்திருக்கின்றன. சான்றுகள் அச்சில் கிடைக்கின்றன, இயல் பிரிப்பதற்கு யோசிக்க வேண்டியதில்லை, அதனால்தான் "சீக்கிரம் முடியும்". ஆனால் வரலாற்று ஆய்வே கூடாது என்று நான் சொல்வதாக எடுத்துக்கொள்ளாதீர்கள். உங்கள் தஞ்சையைப் பற்றியே எஸ். சீதா அவர்கள் சென்னைப் பல்கலைக்கழகத்துக்காகச் செய்த ஆய்வு 1981-இல் நூலாக வந்தது. தஞ்சை அரசர்கள் காலத்து இசையைப் பற்றி எழுத உட்காரும் எவரும் இன்றும் அதைத் தாண்டிப் போக முடியாது. பழைய பொருளானாலும் கேள்வியோடு போகிறவருக்குப் பதில் கிடைக்கும். கேள்வியே இல்லாமல் பட்டியல் போட்டால் எந்தப் பெரிய வாக்கேயக்காரராலும் அந்த ஆய்வேட்டைக் காப்பாற்ற முடியாது.

உங்கள் ஆசான் சொன்னதில் ஒரு பாதியை ஒப்புக்கொள்கிறேன். ஆய்வு உங்கள் பாட்டை மெருகேற்றாது, சாதக நேரத்தில் கை வைக்கும். மேடையில் முன்னேறுவதுதான் நோக்கம் என்றால் அவர் சொல்வதைக் கேளுங்கள். ஆனால் பாடுகிறவருக்கு ஆய்வு எதற்கு என்ற கேள்விக்கு நம்மவர்கள் எப்போதோ பதில் சொல்லிவிட்டார்கள். வீணை தனம்மாளின் பேரன், புல்லாங்குழல் கலைஞர் டி. விஸ்வநாதன், அமெரிக்காவின் வெஸ்லியன் பல்கலைக்கழகத்தில் ராக ஆலாபனையை ஆராய்ந்து 1975-இல் முனைவர் பட்டம் பெற்றார். பாடகர் எஸ். ராமநாதன் அதே பல்கலைக்கழகத்தில் சிலப்பதிகாரத்து இசையை ஆராய்ந்தார். இருவரும் அதன்பிறகும் கச்சேரி செய்தார்கள், மாணவர்களை உருவாக்கினார்கள். அவர்களுக்கும் முன்னால் உங்கள் ஊரிலேயே ஆபிரகாம் பண்டிதர். அவர் சித்த மருத்துவர், பல்கலைக்கழகத்தோடு தொடர்பு இல்லாதவர். 1912-இல் சங்கீத வித்யா மகாஜன சங்கத்தைத் தொடங்கித் தம் செலவில் மாநாடுகள் கூட்டினார். 1916-இல் பரோடாவில் நடந்த அகில இந்திய மாநாட்டில், ஒரு ஸ்தாயிக்குள் எத்தனை சுருதிகள் என்ற தம் கணக்கை வீட்டுப் பெண்களைப் பாடவைத்தே மெய்ப்பித்துக் காட்டினார். அடுத்த ஆண்டு 'கருணாமிர்த சாகரம்' வெளிவந்தது. அவருடைய முடிவுகளோடு உடன்படாதவர்கள் அன்றும் உண்டு, இன்றும் உண்டு. ஆனால் கணக்கைக் குரலில் வைத்துச் சோதிக்க வேண்டும் என்று அவருக்குத் தோன்றியதே, அதைத்தான் நீங்களும் செய்யப்போகிறீர்கள்.

இனி நடைமுறை. பல்கலைக்கழக மானியக் குழுவின் 2022 விதிமுறைகளின்படி, பொதுப்பிரிவினருக்கு முதுகலையில் 55 விழுக்காடு வேண்டும். வேலையில் இருந்துகொண்டே பகுதிநேரமாகச் செய்யலாம். அதற்குப் பள்ளி நிர்வாகத்திடமிருந்து தடையில்லாச் சான்று வாங்க வேண்டும். தேவைப்பட்டால் பாடநெறிக் காலத்துக்கு உங்களைப் பணியிலிருந்து விடுவிப்போம் என்ற உறுதியும் அந்தச் சான்றில் இருக்க வேண்டும், எழுதி வாங்கும்போது அதைக் கவனியுங்கள். குறைந்தது மூன்று ஆண்டுகள், அதிகபட்சம் ஆறு. பெண்களுக்கு மேலும் இரண்டு ஆண்டுகள் தரலாம். மகப்பேறு, குழந்தைப் பராமரிப்புக்காக 240 நாள் வரை விடுப்பும் உண்டு. ஆய்வேடு தருவதற்கு முன் ஆய்விதழில் கட்டுரை வந்திருக்க வேண்டும் என்ற கட்டாயத்தை அந்த விதிமுறை எடுத்துவிட்டது. ஆனாலும் தனிப்பட்ட பல்கலைக்கழகங்கள் தமக்கென்று விதி வைத்திருக்கக்கூடும், கேட்டுக்கொள்ளுங்கள்.

பேராசிரியர் ஒருவர் எட்டுப் பேருக்கும், இணைப் பேராசிரியர் ஆறு பேருக்கும், உதவிப் பேராசிரியர் நான்கு பேருக்கும் மட்டுமே நெறியாளராக இருக்க முடியும். எனவே நல்ல நெறியாளரிடம் இடம் காலியாகும்வரை காத்திருக்க நேரலாம். காத்திருங்கள். ஆறு ஆண்டு உங்களோடு வரப்போகிறவர் உங்கள் கேள்வியைக் கேட்டுச் சிரிக்கிறவராக இருக்கக் கூடாது. தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தில் இசைத்துறை இருக்கிறது. திருச்சியில் கலைக்காவிரி நுண்கலைக் கல்லூரி இருக்கிறது. கல்வியியலிலிருந்தோ மொழியியலிலிருந்தோ ஓர் இணை நெறியாளரைச் சேர்த்துக்கொள்ள முடியுமா என்றும் கேளுங்கள். குரலைக் கருவியில் அளக்கிற பழக்கம் மொழியியல்காரர்களிடம் நன்றாகவே உண்டு. ஆய்வேட்டைத் தமிழிலேயே எழுதுங்கள். இதைப் படிக்க வேண்டியவர்கள் உங்களைப் போன்ற இசை ஆசிரியர்கள், அவர்களுக்குப் புரிய வேண்டும்.

பணத்துக்கு எழுதித் தருகிறேன் என்றவரின் எண்ணை அழித்துவிடுங்கள். அது குற்றம் என்பது ஒருபுறம் இருக்கட்டும். வாய்மொழித் தேர்வில் மாட்டிக்கொள்வோம் என்பதும் ஒருபுறம் இருக்கட்டும். நாளை ஒரு மாணவி உங்களிடம் சந்தேகம் கேட்டு வரும்போது, உங்கள் பெயருக்கு முன்னால் இருக்கும் அந்த 'முனைவர்' என்ற சொல்லை நம்பித்தான் வருவாள். அவளை ஏமாற்றுகிற காரியம் அது. இதைத் தொழிலாகவே நடத்துகிறவர்கள் பெருகிவிட்டார்கள் என்று கேள்விப்படும்போதெல்லாம் எனக்குக் கோபம் வருகிறது.

வயதைப் பற்றி நான் சொல்ல ஒன்றுமே இல்லை. இருபத்திரண்டு வயதில் நீங்கள் ஆய்வுக்குப் போயிருந்தால் இந்தக் கேள்வி உங்களிடம் இருந்திருக்காது. பல ஆண்டு ஆறாம் வகுப்புகளுக்குச் சரளி சொல்லிக்கொடுத்ததால் வந்த கேள்வி இது.

அடுத்த நெறியாளரைப் பார்க்கப் போவதற்கு முன் தலைமையாசிரியரிடம் அனுமதி கேளுங்கள். எதற்காகப் பதிவுசெய்கிறோம், அதை யார் கேட்பார்கள் என்பதைப் பெற்றோரிடம் சொல்லிக் கையெழுத்து வாங்குங்கள். குழந்தைகளின் குரல், இதில் அலட்சியம் கூடாது. பிறகு ஒரு சில பிள்ளைகளிடம் மட்டும் சரளியின் முதல் வரிசையையும் மகுடி மெட்டையும் தனித்தனியாகப் பதிவுசெய்து, ரிஷபம் எங்கே நிற்கிறது என்று அளந்து, ஒரே பக்கத்தில் எழுதுங்கள். பேச்சில் சொன்னால் அனுபவம் என்று தள்ளுகிறவர்கள், அளவோடு தாளில் வைத்தால் எடுத்துப் படிப்பார்கள். அந்த ஒரு பக்கத்தை எனக்கும் அனுப்பிவையுங்கள். அவரோகணத்து ரிஷபத்தையும் அளக்க மறந்துவிடாதீர்கள்.

அன்புடன்.