செப்பம்: கேட்டீர்கள், சொல்கிறேன்

குறளில் நடுவுநிலைமை அதிகாரத்தைச் சேர்ந்து படித்தபோது பத்துக் குறளையும் தாண்டிப் போகாமல் பலர் ‘செப்பம்’ என்ற ஒரே சொல்லில் நின்றுவிட்டார்கள். அதைப் பற்றி என்ன வேண்டுமானாலும் கேளுங்கள் என்றேன். முப்பது ஆண்டுக்கு மேல் இங்கே சிங்கப்பூர்ப் பள்ளிகளில் தமிழ் சொல்லிக்கொடுத்தவள் நான். எனக்கு மிகவும் பிடித்த சொற்களில் இது ஒன்று. அதனால் சில பதில்கள் நீண்டுவிட்டன. கேட்டவர்களின் பெயரை எடுத்துவிட்டு வட்டாரத்தை மட்டும் வைத்திருக்கிறேன்.

உயர்நிலை மாணவர், உட்லண்ட்ஸ்: டீச்சர், ‘சாலை செப்பனிடும் பணி’ என்று படித்திருக்கிறேன். அப்படியென்றால் செப்பம் என்பது ரிப்பேர்தானே? குறளில் மட்டும் எப்படி நடுநிலை ஆனது?

இரண்டும் ஒரே சொல்தான், தம்பி. ‘செம்’ என்பது வேர். அதற்குச் சிவப்பு என்ற பொருளோடு நேர், ஒழுங்கு, நன்மை என்ற பொருள்களும் உண்டு. மேடும் பள்ளமுமாகக் கிடக்கிற சாலையைச் சமமாக்கினால் அது செப்பமாகிறது. ஒரு பக்கம் சாய்ந்து கிடக்கிற மனம் நிமிர்ந்தால் அதுவும் செப்பம். 112ஆம் குறள் இது:

செப்பம் உடையவன் ஆக்கஞ் சிதைவின்றி
எச்சத்திற் கேமாப்பு உடைத்து.

நடுநிலை தவறாதவனுடைய செல்வம் அழியாது, அவனுக்குப் பின் வருகிறவர்களுக்கும் பாதுகாப்பாக நிற்கும் என்பது பொருள். பழைய அகராதிகளைப் புரட்டினால் செப்பத்துக்கு நேர்வழி, தெரு, நெஞ்சு என்றுகூடப் பொருள் தந்திருப்பார்கள். நேராகப் போகிற வழியிலிருந்து நேராக நடக்கிற மனம்வரை இந்தச் சொல் நடந்து வந்திருக்கிறது.

தாயார், செங்காங்: செங்கோல் என்றால் சிவப்புக் கோல் என்றுதான் மகனுக்குச் சொல்லிக்கொடுத்தேன். தவறா?

தவறுதான், ஆனால் திருத்துவது எளிது. அது வளையாத கோல். மகனுடைய கணிதப் பாடச் சொற்களையே காட்டுங்கள்: செங்கோணம், செங்குத்து, செவ்வகம். எதிலும் சிவப்பு இல்லை. செம்பாதி என்றால் சரிபாதி. செந்தமிழும் செம்மொழியும் இந்தக் குடும்பம்தான். செந்தாமரையும் செம்பருத்தியும் மட்டும் நிறத்துப் பக்கம் போய்விடும்.

வாசகர், பிடோக்: ‘செப்பு’ என்றால் சொல். செப்பம் அதிலிருந்து வந்திருக்குமா?

இல்லை. செப்புதல் வேறு, செப்பம் வேறு. ஒலி மட்டும்தான் ஒன்றுபோல இருக்கிறது.

அலுவலக ஊழியர், ஜூரோங்: நேர்மை, நியாயம், செப்பம் எல்லாம் ஒன்றுதானே? ஒருவருக்கு நற்சான்று எழுதும்போது எதைப் போடுவது?

நற்சான்றில் ‘நேர்மையானவர்’ என்றே எழுதுங்கள். இன்றைய வழக்கில் நேர்மை என்றால் பொய் சொல்லமாட்டார், பணத்தில் கை வைக்கமாட்டார் என்று எல்லாருக்கும் விளங்கும். நியாயம் என்பது தீர்ப்பைப் பற்றியது. கிடைத்த முடிவு சரியா என்று பார்ப்பது. செப்பம் இரண்டு தரப்பு இருக்கும்போதுதான் சோதனைக்கு வரும். ஒருவர் திருடாதவராக இருக்கலாம், ஆனால் பதவி உயர்வு என்று வரும்போது தனக்கு வேண்டியவரையே பரிந்துரைக்கலாம். அவரிடம் முதல் வகை நேர்மை உண்டு, செப்பம் இல்லை.

‘செப்பமான நடை’, ‘வேலையைச் செப்பமாக முடித்தார்’ என்றெல்லாம் எழுதலாம். அங்கே பிசிறில்லாத ஒழுங்கு என்று பொருள். ‘செப்பமானவர்’ என்று ஆளைப் பற்றி எழுதினால் இன்று படிப்பவருக்குப் பிடிபடாது. எனக்கு அதில் வருத்தம் உண்டு. ஆனாலும் சான்றிதழ் எழுதும்போது படிப்பவரை நினைத்துத்தான் எழுதவேண்டும்.

குடியிருப்பாளர் குழுத் தொண்டூழியர், தோ பாயோ: அக்கா, எங்கள் புளோக்கில் மேல்வீட்டுக்கும் கீழ்வீட்டுக்கும் சத்தத்தால் தகராறு. பேசித் தீர்க்கச் சொன்னால் குழுவில் ஒருவர் ‘நான் நடுநிலை’ என்று வாயைத் திறக்காமல் இருக்கிறார். வள்ளுவர் சொன்ன நடுவுநிலைமை இதுதானா?

இல்லை. நான் இந்தக் கேள்வி பதிலை ஒப்புக்கொண்டதே இப்படி ஒரு கேள்வி வரும் என்றுதான்.

118ஆம் குறளைப் பாருங்கள்: ‘சமன்செய்து சீர்தூக்குங் கோல்போல் அமைந்தொருபால் கோடாமை சான்றோர்க் கணி.’ ஒரு பக்கம் வளையாமல் இருப்பதே சான்றோருக்கு அழகு என்கிறார். இதில் இரண்டு வேலை இருக்கிறது. சமன்செய்வது ஒன்று, சீர்தூக்குவது இன்னொன்று. பழைய உரையாசிரியர் பரிமேலழகர் இதைத் தெளிவாகப் பிரித்திருக்கிறார்: முன்பு தான் சமமாக நின்று, பின்பு தன்மேல் வைத்த பாரத்தை வரையறுக்கிற துலாக்கோல். தட்டில் எதுவும் இல்லாதபோது தராசு நேராக நிற்கவேண்டும். பொருளை வைத்த பிறகு கனமான பக்கம் இறங்கவேண்டும். என்ன வைத்தாலும் அசையாமல் நடுவிலேயே நிற்கிற தராசை எந்தக் கடையில் வைத்திருப்பார்கள்?

உங்கள் குழுவில் இருப்பவர் முதல் பாதியோடு நின்றுவிட்டார். இரு வீட்டாரும் பேசும்வரை எந்தப் பக்கமும் சாயாமல் கேட்பது அவர் கடமை. கேட்டு முடித்த பின், இரவு 11 மணிக்கு மேல் நாற்காலியை இழுப்பது தவறு என்று தெரிந்தால் அதைச் சொல்வதும் அவர் கடமை. வாய் திறக்காமல் இருந்தால் சத்தம் போடுகிறவர்தான் பயன் அடைவார். அதற்குப் பெயர் நடுநிலை ஆகாது, ஒதுங்கல்.

கடைக்காரர், தேக்கா: அம்மா, இது நீதிபதிகளுக்கான சொல்லா, எங்களைப் போன்ற வியாபாரிகளுக்கும் உண்டா?

உங்களுக்குத்தான் முதலில், ஐயா. அதிகாரத்தின் கடைசிக் குறளே வாணிகம் பற்றியது: பிறர் பொருளையும் தம் பொருள்போல் பேணிச் செய்வதே வாணிகம். சங்க நூலான பட்டினப்பாலை காவிரிப்பூம்பட்டினத்து வணிகரை ‘நெடுநுகத்துப் பகல்போல நடுவுநின்ற நன்னெஞ்சினோர்’ என்கிறது. பகல் என்பது இங்கே நுகத்தடியின் நடுவில் இருக்கும் ஆணி. இரண்டு மாட்டுக்கும் அதுதான் நடு. அவர்கள் ‘கொள்வதூஉம் மிகைகொளாது, கொடுப்பதூஉம் குறைகொடாது’ விற்றவர்கள்.

இங்கே பழைய சந்தைகளில் மீன்காரர்கள் கையில் டாச்சிங் தராசு இருக்கும். ஒற்றைக் கோல், ஒரு பக்கம் தட்டு, கோல்மேல் நகர்த்துகிற குண்டு. என் அம்மா மீனைப் பார்ப்பதைவிட அந்தக் கோல் நேராக நிற்கிறதா என்றுதான் அதிக நேரம் பார்ப்பார். குறளில் வரும் ‘கோல்’ என்ன என்று கேட்கும் பிள்ளைகளுக்கு நான் அதைத்தான் வரைந்து காட்டுவேன்.

இரண்டு பிள்ளைகளின் தந்தை, பொங்கோல்: சின்னவளுக்கு ஏதாவது வாங்கினால் பெரியவன் உடனே ‘நாட் ஃபேர்’ என்கிறான். தமிழில் என்ன சொல்லவைப்பது?

விளையாட்டில் என்றால் ‘அழுகுணி ஆட்டம்’. நம் வீடுகளில் இன்னும் உயிரோடு இருக்கிற சொல், விட்டுவிடாதீர்கள். பெற்றோர் ஒரு பிள்ளையைத் தாங்கி இன்னொன்றைத் தள்ளினால் அது ஓரவஞ்சனை. பெரியவர்கள் ‘ஒரு கண்ணில் வெண்ணெய், ஒரு கண்ணில் சுண்ணாம்பு’ என்பார்கள்.

இந்த ஓரவஞ்சனையில் உள்ள ‘ஓரம்’ கவனிக்க வேண்டியது. நடுவை விட்டவன் ஓரத்துக்குத்தானே போகவேண்டும்? அதனால் பாரபட்சத்துக்கே ஓரம் என்று பெயர் வந்தது. ஔவையாரின் நல்வழியில் ஒரு வெண்பா ‘மன்றோரம் சொன்னார் மனை’ என்று முடியும். சபையில் ஓரம் சொன்னவன் வீட்டில் வேதாளம் சேரும், வெள்ளெருக்குப் பூக்கும், மூதேவி குடியிருப்பாள் என்று அடுக்குகிறார். ஔவை இவ்வளவு கோபப்பட்ட இடங்கள் குறைவு.

உங்கள் மகனுக்கு ஒன்று சொல்லுங்கள்: இரண்டு பேருக்கும் ஒரே அளவுச் சட்டை தைப்பது செப்பம் ஆகாது. அவரவர் உடம்புக்கு அளவெடுப்பதுதான் செப்பம்.

வாசகர், கிளமெண்டி: 119ஆம் குறளில் வரும் கோட்டம் என்றால் வளைவு என்று படித்தோம். அப்படியானால் வள்ளுவர் கோட்டம்?

அது கோயில், இடம் என்ற பொருளுடைய கோட்டம். 119ஆம் குறளின் சொற்கோட்டம், உட்கோட்டம் இரண்டும் வளைவு. கோணல், கோடாமை இவற்றின் உறவுச் சொற்கள்.

பட்டதாரி மாணவி, புக்கிட் பாத்தோக்: அந்த 119ஆம் குறளில்தான் சந்தேகம். ‘சொற்கோட்டம் இல்லது செப்பம் ஒருதலையா உட்கோட்டம் இன்மை பெறின்.’ நடுநிலை பற்றிய குறளில் ‘ஒருதலையா’ ஏன்? ஒருதலைப்பட்சம் தவறு அல்லவா?

அருமையான கேள்வி, அம்மா. இங்கே ஒருதலை என்றால் ‘உறுதியாக’. ஒருதலைக் காதல், ஒருதலைப்பட்சம் என்று பழகிய காதுக்கு இந்த இடம் இடறத்தான் செய்யும். மனத்துக்குள் வளைவு இல்லை என்பது உறுதியாக அமைந்தால், அப்போது சொல்லில் வளைவு இல்லாதிருப்பது செப்பம் ஆகும் என்பது பொருள்.

எவ்வளவு கடுமையான நிபந்தனை பாருங்கள். நேராகப் பேசிவிட்டால் போதாது. அழகாகச் சமம் பேசிவிட்டு உள்ளே ஒரு பக்கம் சாய்ந்திருப்பவனுடைய பேச்சை வள்ளுவர் செப்பக் கணக்கில் சேர்க்கவே இல்லை.

ஓய்வுபெற்றவர், ஈசூன்: ‘கணைகொடிது யாழ்கோடு செவ்விது’ என்ற குறளில் அம்பு நேர், யாழ் வளைவு. அப்புறம் எப்படி யாழைச் செவ்விது என்கிறார்?

ஐயா, எத்தனை முறை வகுப்பில் நடத்தியும் எனக்கு அலுக்காத குறள் இது. 279ஆவது. மேலோட்டமாக, அம்பு நேராக இருந்தாலும் கொல்கிறது, யாழ் வளைந்திருந்தாலும் இன்பம் தருகிறது, மனிதரையும் செயலால் எடைபோடுங்கள் என்று சொல்லிவிடலாம். சொல்லுக்குள் இறங்கினால்தான் வள்ளுவர் செய்திருப்பது தெரியும்.

‘கொடு’ என்பதற்கு வளைந்த என்று பொருள். கொடுவாள் வளைந்த வாள், கொடுமரம் வில். கொடுங்கோல் செங்கோலுக்கு எதிர். வளைவைக் குறித்த இந்தச் சொல்தான் பிறகு கொடுமை ஆயிற்று. ‘செவ்விது’ நேரானது, பிறகு நல்லது ஆயிற்று. இப்போது குறளைத் திரும்பப் படியுங்கள். நேரான அம்பை ‘வளைந்தது’ என்கிறார், வளைந்த யாழை ‘நேரானது’ என்கிறார். கண்ணுக்குத் தெரிகிற வடிவத்துக்கு எதிர்ச்சொல்லை எடுத்து, அதையே உண்மையாக்கிவிட்டார். தமிழில் நேர் என்ற சொல் நன்மை என்ற சொல்லாக மாறிய கதை முழுவதும் அந்த நான்கு சொற்களில் இருக்கிறது.

வாசகர், அங் மோ கியோ: எங்கள் மின்தூக்கி ‘செப்பனிடப்படுகிறது’ என்று எழுதலாமா?

மின்தூக்கிக்குப் ‘பழுதுபார்க்கப்படுகிறது’ நல்லது. சாலை, நடைபாதை, நிலம், பழைய கட்டடம் இவற்றுக்குச் செப்பனிடு பொருந்தும்.

இளம் ஆசிரியர், சுவா சூ காங்: பேச்சுப் போட்டிக்கு நடுவராக அழைத்திருக்கிறார்கள். போட்டியில் என் மாணவியும் இருக்கிறாள். என்ன செய்வது, டீச்சர்?

முடிந்தால் அந்தச் சுற்றிலிருந்து விலகிக்கொள்ளுங்கள். ஏன் என்று சொல்கிறேன்.

பல ஆண்டுகளுக்கு முன் எனக்கும் இதே நிலை. ஏற்பாட்டாளர்களிடம் சொன்னேன், ‘உங்களைத் தெரியும், நீங்களே இருங்கள்’ என்றார்கள். இருந்தேன். என் மாணவி அன்று நன்றாகப் பேசினாள். முதல் மூவரில் வந்திருக்க வேண்டியவள். தன் பிள்ளைக்குப் போட்டுக்கொடுத்தாள் என்று யாரும் சொல்லிவிடக் கூடாதே என்று மதிப்பெண்ணைக் குறைத்துப் போட்டேன். அவளுக்குப் பரிசு இல்லை. அன்று இரவு வீடு திரும்பும்போது நான் நடுநிலை காத்துவிட்டதாகத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

பிறகு ஒரு நாள் சங்க நூலான மதுரைக்காஞ்சியில் அறங்கூறவையத்தை, அதாவது அந்தக் கால நீதிமன்றத்தை, வருணிக்கும் வரிகளைப் படித்தேன்: ‘அச்சமும் அவலமும் ஆர்வமும் நீக்கிச் செற்றமும் உவகையும் செய்யாது காத்து ஞெமன்கோல் அன்ன செம்மைத்தாகி.’ ஞெமன்கோல் என்றால் துலாக்கோல். ஆர்வத்தை, அதாவது வேண்டியவர்மேல் உள்ள பற்றை, நீக்கவேண்டும் என்று எனக்கு முன்பே தெரியும். அதை நீக்கியும்விட்டேன். ஆனால் அந்தப் பட்டியலில் முதலில் நிற்பது அச்சம். ஊர் என்ன சொல்லும் என்ற அச்சத்தால் நான் மறுபக்கம் வளைந்திருந்தேன். அதுவும் உட்கோட்டம்தான்.

அவளிடம் பின்னால் சொன்னேன். ‘பரவாயில்லை டீச்சர்’ என்றாள். எனக்கு அது இன்றுவரை பரவாயில்லை ஆகவில்லை. அதற்குப் பிறகு நடுவராகப் போகும் இடங்களில் எல்லாம், ஒவ்வொரு மதிப்பெண்ணுக்குப் பக்கத்திலும் காரணத்தை ஒரு வரி எழுதிவிடுவேன். காரணம் எழுதவராத மதிப்பெண்ணை அழித்துவிட்டு மறுபடி யோசிப்பேன். உங்களால் விலக முடியவில்லை என்றால் அப்படிச் செய்து பாருங்கள்.