லேசிக் முடிந்து ஐந்து வாரம்: சாயங்காலம் ஆனால் ஏன் மங்குகிறது?

கேள்வி: எனக்கு வயது 28. கோயம்புத்தூரில் ஐடி வேலை. இரண்டு கண்ணிலும் மைனஸ் 5.5 பவர் இருந்தது. ஐந்து வாரத்துக்கு முன், கண்ணாடி போடாமல் இருக்க லேசிக் என்ற லேசர் ஆபரேஷன் செய்துகொண்டேன். மறுநாள் செக்கப்பில் கடைசி வரி வரை படித்தபோது அழுகையே வந்துவிட்டது. இப்போது காலையில் நன்றாகத் தெரிகிறது. மாலை நான்கு மணிக்கு மேல் ஸ்க்ரீனில் எழுத்தெல்லாம் எண்ணெய் பட்ட காகிதம் மாதிரி ஆகிவிடுகிறது. ராத்திரி ஸ்கூட்டரில் வரும்போது எதிர்வண்டி லைட்டைச் சுற்றி வட்டம் வட்டமாகத் தெரிகிறது. இடது கண் கொஞ்சம் கூடுதல் மோசம். எரிச்சல், வலி எதுவும் இல்லை. அதனால் ஈரப்பசைக்குக் கொடுத்த சொட்டு மருந்தை மூன்றாவது வாரமே நிறுத்திவிட்டேன். ‘பவர் திரும்பி வந்துடுச்சு, ஆபரேஷன் ஃபெயில்’ என்கிறார் அத்தை. மறுபடியும் லேசர் செய்ய வேண்டியிருக்குமா?

பதில்: உங்கள் கடிதத்தில் நான் இரண்டு முறை படித்த வரி, ‘எரிச்சல் இல்லை, அதனால் நிறுத்திவிட்டேன்’ என்பது. பாதி விடை அங்கேயே இருக்கிறது. கண்ணைப் பார்க்காமல் உறுதியாகச் சொல்ல முடியாது. இந்த வாரமே ஆபரேஷன் செய்த டாக்டரிடம் ஒரு முறை காட்டிவிடுங்கள். ஆனால் காலையில் தெளிவு, மாலையில் மங்கல் என்று கடிகாரம் பார்த்து வந்து போகும் மங்கலுக்குப் பெரும்பாலும் காரணம் கண்ணீர். பவர் திரும்பி வந்திருந்தால் அது காலை பத்து மணிக்கும் இருக்கும்.

உங்கள் கண்ணில் என்ன நடந்தது என்று முதலில் பார்ப்போம். கருவிழிக்கு மேல் கண்ணாடிபோல் மூடியிருக்கும் கார்னியாவின் நடுப்பகுதி சுமார் அரை மில்லிமீட்டர் தடிமன்தான். லேசிக்கில் அதன் மேல்பரப்பில், ஒரு மில்லிமீட்டரில் பத்தில் ஒரு பங்கு தடிமனுக்கு மெல்லிய மூடிபோல் வெட்டித் திறப்பார்கள். ஃபிளாப் என்பது அதுதான். அடியிலுள்ள திசுவை எக்ஸைமர் லேசர் செதுக்கும். மைனஸ் 5.5 பவருக்குச் செதுக்கி எடுப்பது ஏறக்குறைய 75, 80 மைக்ரான் (ஒரு மைக்ரான் என்பது மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு). ஒரு தலைமுடியின் தடிமன் இருக்கும். பிறகு மூடியைப் பழைய இடத்தில் படியவைப்பார்கள். தையல் கிடையாது.

இந்த லேசர் திசுவைச் சுடாமல் செதுக்கும் என்று கண்டறிந்தவர்களில் ஒருவர் சென்னையில் பிறந்து சென்னைப் பல்கலைக்கழகத்தில் படித்த ரங்கசாமி சீனிவாசன். 1981 நவம்பரில், நியூயார்க் மாநிலத்திலுள்ள ஐபிஎம் ஆய்வுக்கூடத்துக்கு வீட்டில் விருந்து முடிந்து மிஞ்சிய வான்கோழித் துண்டைக் கொண்டுபோய் அதன்மேல் லேசரைப் பாய்ச்சிப் பார்த்தார். சுற்றிலும் கருகாமல் சுத்தமாக வெட்டு விழுந்தது. உங்கள் கேள்விக்கு நேரடியாகத் தொடர்பில்லாத செய்திதான். ஆனாலும் லேசர் என்றதும் ‘கண் வெந்துபோயிருக்குமோ’ என்று பயப்படுபவர்களுக்கு நான் இந்த வான்கோழிக் கதையைச் சொல்வது வழக்கம்.

சரி, கண்ணீருக்கு வருவோம். மூடியை வெட்டும்போது திசுவோடு சேர்ந்து நரம்புகளும் அறுபடுகின்றன. உடம்பிலேயே நரம்பு நெருக்கமாக இருக்கும் இடங்களில் கார்னியாவும் ஒன்று. தூசி விழுந்தால் துடித்துப்போகிறோமே, அதனால்தான். ‘இங்கே காய்கிறது, தண்ணீர் அனுப்பு, இமையை மூடு’ என்று மூளைக்குத் தகவல் அனுப்புவது இந்த நரம்புகளின் வேலை. அவை அறுந்து கிடக்கும்போது கண் காய்ந்தாலும் காய்கிறது என்று உங்களுக்குத் தெரியாது. சிமிட்டுவது குறையும், கண்ணீர் குறையும், எரிச்சலும் இருக்காது. புகார் கொடுக்க வேண்டிய ஆளே லீவில் இருக்கும்போது புகார் வரவில்லை என்று நினைத்துச் சொட்டு மருந்தை நிறுத்தியிருக்கிறீர்கள். நரம்புகள் மெல்ல மெல்லத்தான் வளர்ந்து சேரும். உலர்வு அடங்குவதற்குப் பெரும்பாலானவர்களுக்கு மூன்று முதல் ஆறு மாதம் ஆகிறது, சிலருக்கு இன்னும் கூடுதலாக.

கண்ணீருக்கும் மங்கலுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்கலாம். வெளியிலிருந்து வரும் வெளிச்சம் முதலில் தொடுவதே கண்ணீர்ப் படலத்தைத்தான். அது வழவழப்பாக இருந்தால் கீழே லேசர் செய்த வேலை பலன் தரும். திட்டுத்திட்டாக உடைந்தால் எவ்வளவு துல்லியமாகச் செதுக்கியிருந்தாலும் எழுத்து எண்ணெய்க் காகிதத்தில் தெரிவதுபோலத்தான் தெரியும். நிமிடத்துக்குப் பதினைந்து தடவை சிமிட்டும் ஆள் ஸ்க்ரீன் முன் உட்கார்ந்தால் அதில் பாதிகூடச் சிமிட்டுவதில்லை. சிமிட்டுவதும் அரைகுறையாக, மேலிமை கீழிமையைத் தொடாமலே திரும்பிவிடும். மேலே ஏசி காற்று. நான்கு மணிக்கு மங்காமல் என்ன செய்யும்?

டாக்டரிடம் போவதற்கு முன் மூன்று நாள் ஒரு சின்ன வேலை செய்யுங்கள். வீட்டில் கிழிக்கும் தினசரிக் காலண்டர் இருக்கும். அதிலிருந்து பத்தடி தள்ளி, தினமும் ஒரே இடத்தில், ஒரே வெளிச்சத்தில் நில்லுங்கள். உள்ளங்கையைக் குவித்து ஒரு கண்ணை மறையுங்கள். அழுத்தக் கூடாது, கை கண்ணில் படவே கூடாது. தேதி எண் எல்லாருக்கும் தெரியும். அதற்குக் கீழே ராகுகாலம், எமகண்டம் என்று பொடி எழுத்து இருக்கிறதே, அதில் எந்த வரி வரை படிக்க முடிகிறது என்று பாருங்கள். மங்கினால் நான்கைந்து முறை முழுதாகக் கண்ணை மூடித் திறங்கள். சட்டென்று தெளிந்து, ஏழெட்டு நொடியில் மறுபடி கலங்குகிறதா? கண்ணீர்ப் படலம் உடைகிறது. எத்தனை சிமிட்டினாலும், காலை மாலை எந்த நேரமானாலும் அதே அளவு மங்கலா? அப்போது மிச்சப் பவர், மூடியில் சுருக்கம் என்று வேறு காரணம் தேட வேண்டும். காலை ஏழு, மதியம் ஒன்று, மாலை ஆறு, வலது, இடது என்று ஒரு தாளில் குறித்துக்கொண்டு போங்கள். ‘மங்கலா இருக்கு டாக்டர்’ என்று மொட்டையாகச் சொல்வதைவிட அந்தத் தாள் எங்களுக்கு ரொம்ப உபயோகம். அங்கே மஞ்சள் சாயம் ஒரு சொட்டு தொட்டுவைத்து நீல வெளிச்சத்தில் பார்த்தால் எங்கே காய்ந்திருக்கிறது என்பது பச்சைப் புள்ளிகளாகத் தெரிந்துவிடும்.

இடது கண்ணுக்கும் மறு லேசருக்கும் சேர்த்தே சொல்கிறேன். அதில் அரைப் பவர் மிச்சம் இருக்கலாம். ஆறும்போது கார்னியாவின் மேல்தோல் கொஞ்சம் தடித்து லேசான பவர் திரும்புவதும் உண்டு. ஆனால் காய்ந்த கண்ணில் எடுக்கும் பவர் அளவு நம்பத் தக்கதில்லை. இன்று 0.75 காட்டும், நன்றாக மருந்து விட்டு இரண்டு வாரம் கழித்துப் பார்த்தால் 0.25 காட்டும். அந்த முதல் எண்ணை நம்பி மூடியைத் திறந்தால் கண்ணீரில் இருக்கும் குறைக்குக் கார்னியாவைச் செதுக்கியதாகிவிடும். அதனால்தான் குறைந்தது மூன்று மாதம் போகட்டும், இரண்டு தடவை ஒரே அளவு வரட்டும் என்று காத்திருப்பார்கள். ஐந்தாவது வாரத்தில் யாராவது மறு லேசருக்கு நாள் குறித்தால் இன்னொரு டாக்டரிடம் கேளுங்கள் என்றுதான் சொல்வேன்.

சொட்டு மருந்தை மறுபடி தொடங்குவது பற்றி உங்கள் டாக்டரிடம் இன்றே போனில் கேளுங்கள். ஒரு நாளைக்குப் பல தடவை விட வேண்டியிருப்பதால் கெடாமலிருக்கச் சேர்க்கும் ரசாயனம் இல்லாத வகையைக் கேட்டு வாங்குவது நல்லது. பென்சல்கோனியம் குளோரைடு என்ற அந்த ரசாயனமே அடிக்கடி பட்டால் கண்ணின் மேல்தோலை அரிக்கும். எரிச்சல் வந்த பிறகு விடுவதைவிட, மதியச் சாப்பாட்டுக்கு முன், நான்கு மணி டீக்கு முன் என்று நேரம் வைத்து விடுங்கள். ஆபீஸில் ஏசி காற்று முகத்தில் நேராக அடிக்கும் இருக்கையை மாற்றிக்கொள்ளுங்கள், ஸ்க்ரீனைக் கண் மட்டத்துக்குச் சற்றுக் கீழே இறக்குங்கள், ஸ்கூட்டரில் ஹெல்மெட் கண்ணாடியை இறக்கிவிட்டு ஓட்டுங்கள்.

மருந்துக் கடையில் போய் ‘கண்ணு சரியில்லை, ஏதாவது ட்ராப்ஸ் கொடுங்க’ என்று மட்டும் கேட்காதீர்கள். பல நேரம் கையில் வருவது ஸ்டீராய்டு சேர்ந்த மருந்து. இரண்டு நாளில் சுகமாக இருக்கும். தானாகவே தொடர்ந்து விட்டால் சிலருக்குக் கண் அழுத்தம் ஏறி, வலியே இல்லாமல் பார்வை நரம்பைக் கெடுத்துவிடும். அத்தை நந்தியாவட்டைப் பூவையோ விளக்கெண்ணெயையோ சொன்னால், அன்போடு வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். சனிக்கிழமை எண்ணெய்க் குளியலையும் டாக்டர் அனுமதிக்கும் வரை தள்ளிப்போடுங்கள். எண்ணெயைவிட எனக்குப் பயம் சீயக்காய்த் தூள்தான்: கண்ணில் பட்டால் கை தானாகப் போய்க் கசக்கும். தையலில்லாத மூடி நகர்வதற்கு அது போதும்.

ராத்திரி வட்டங்களைப் பற்றி ஒளிக்காமல் சொல்ல வேண்டும். இருட்டில் கண்மணி விரியும். லேசர் செதுக்கிய வட்டம் ஆறு, ஆறரை மில்லிமீட்டர்தான். விரிந்த கண்மணி அதன் விளிம்பை எட்டும்போது வெளிச்சம் சிதறுகிறது, காய்ந்த கண்ணில் இன்னும் சிதறும். அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டுத் துறை நடத்திய ஆய்வு ஒன்றில், முன்பு இந்த வட்டங்கள் இல்லாதவர்களில் 40 சதவீதம் வரை மூன்றாவது மாதத்தில் வட்டம் தெரிகிறது என்றார்கள். அன்றாட வேலைக்கே பெரும் சிரமம் என்றவர்கள் ஒரு சதவீதத்துக்கும் குறைவு. பெரும்பாலும் ஆறு மாதத்துக்குள் மங்கிவிடும், அல்லது மூளை பொருட்படுத்தாமல் விட்டுவிடும். சிலருக்கு ஓரளவு நிரந்தரமாக நிற்கும். இதை ஆபரேஷனுக்கு முன்பே உங்களிடம் சொல்லியிருக்க வேண்டும். இப்போதைக்கு மழை ராத்திரியில், அவிநாசி ரோடு லைட்டுகளுக்கு எதிரே வண்டி ஓட்டுவதைத் தவிர்த்தால் நல்லது.

ஆபீஸில் யாராவது ‘எனக்கு ஒரு மாதம் மங்கலா இருந்துச்சு’ என்றோ ‘எனக்கு அன்னிக்கே சரியாச்சு’ என்றோ சொன்னால், எந்த ஆபரேஷன் என்று கேளுங்கள். பிஆர்கே என்றால் மூடி வெட்டாமல் மேல்தோலையே சுரண்டி எடுப்பார்கள். அது வளர்ந்து மூட நான்கைந்து நாள், பார்வை நிலைப்பட வாரக்கணக்கில் ஆகும். ஸ்மைல் என்ற இன்னொரு வகை லேசர் ஆபரேஷனிலும் லேசிக்கைவிடச் சில நாள் தாமதமாகத்தான் பார்வை தெளியும்.

எதற்கு உடனே ஓட வேண்டும்? வலி, சிவப்பு, பூளை, வெளிச்சம் பார்க்கவே முடியாத கூச்சம், பார்வை திடீரென்று சரிவது, கண்ணில் குழந்தையின் விரலோ ஷட்டில் பந்தோ பட்டது: அன்றே, ஞாயிறாக இருந்தாலும். பல மாதம் கழித்து எழுத்து இரட்டையாகத் தெரிந்து சிலிண்டர் பவர் ஏறிக்கொண்டே போனால் கார்னியா பலவீனமாகிப் பிதுங்குகிறதா என்று ஸ்கேன் எடுத்துப் பார்க்க வேண்டும். இது அபூர்வம்.

கண்ணாடி போய்விட்டதால் கிட்டப்பார்வையும் போய்விட்டது என்று பலர் நினைக்கிறார்கள். முன்பக்கம்தான் மாறியது. மைனஸ் 5.5 கண்ணின் நீளமும், அதனால் இழுபட்டு மெலிந்த விழித்திரையும் அப்படியேதான் இருக்கின்றன. மின்னல் அடிப்பதுபோல் தெரிந்தால், கரும்புள்ளிகள் திடீரென்று கூடினால், ஓரத்தில் திரை விழுந்தால் விழித்திரை டாக்டரைத் தாமதிக்காமல் பாருங்கள். எதுவும் இல்லாவிட்டாலும் வருடம் ஒரு முறை மருந்து விட்டுக் கண்மணியை விரியவைத்துப் பரிசோதியுங்கள்.

அப்புறம் அந்த ஆபரேஷன் ஃபைல். முன்பு எடுத்த ஸ்கேன், பழைய பவர், கார்னியாவின் தடிமன், எவ்வளவு செதுக்கினார்கள் என்ற விவரம் எல்லாம் அதில் இருக்கும். கார்னியா மெலிந்திருப்பதால் இனி எங்கே கண் அழுத்தம் பார்த்தாலும் உள்ளதைவிடக் குறைவாகக் காட்டும். லேசிக் செய்ததை நீங்கள்தான் சொல்ல வேண்டும். அறுபது வயதில் கண்புரை ஆபரேஷனுக்குப் போகும்போது உள்ளே வைக்கும் லென்ஸின் பவரைக் கணக்கிட இந்தப் பழைய எண்கள் வேண்டியிருக்கும். மருத்துவமனை அதுவரை அவற்றை வைத்திருக்கும் என்று நம்ப வேண்டாம். ஒரு நகல் எடுத்து, பீரோவில் வீட்டுப் பத்திரம் இருக்கும் தட்டிலேயே வைத்துவிடுங்கள்.