வேலூரிலிருந்து ஒரு பெண் டிவி காமெடித் தொடர் நடிகையாக என்ன செய்ய வேண்டும்? அந்தத் தொழில் எத்தனை வருடம் ஓடும்?

காட்பாடியில் வீடு, தங்கை பி.காம். முடித்துவிட்டாள், சென்னையில் சினிமாக்காரர் யாரையும் தெரியாது, நடித்தால் காமெடித் தொடரில்தான் நடிப்பேன் என்று நிற்கிறாள் என்று கேட்டிருக்கிறீர்கள். அவள் நிற்பது நல்ல இடம்தான். ஆனால் சென்னைக்குப் பெட்டி கட்டுவதற்கு முன் வேலூரில் இருந்தபடியே முடிக்க வேண்டிய வேலை நிறைய இருக்கிறது.

காமெடித் தொடரில் ஒரு நடிகையைத் திரும்பத் திரும்பக் கூப்பிடுவது எதற்காக என்றால், எதிராளி பேசும்போது அவள் முகத்தில் என்ன நடக்கிறது என்பதற்காக. வசனம் எல்லோரும் பேசிவிடுவார்கள். ரியாக்‌ஷன் சரியான நேரத்தில் வருகிறவர்கள் குறைவு. ஒரு உதாரணம் சொல்கிறேன். கணவன் வந்து, "அம்மா நாளைக்கு ஊருக்குக் கிளம்பறாங்களாம்" என்கிறான். மனைவி, "ஐயோ... அதுக்குள்ளயா?" என்கிறாள். பிறகு, "ஏலகிரி எக்ஸ்பிரஸ் விடியகாலையிலயே வந்துடும், நானே எழுப்பி விட்டுடறேன்" என்கிறாள். "ஐயோ" என்கிற இடத்தில் நடிகையின் உதட்டோரம் ஒரு சிரிப்பு எட்டிப் பார்த்தாலும் காட்சி அங்கேயே படுத்துவிடும். அந்த "ஐயோ" முழு வருத்தத்தோடு வர வேண்டும். பிறகு ஒரு விநாடி சும்மா இருக்க வேண்டும். கண் மட்டும் மாமியார் அறைப் பக்கம் போய்த் திரும்ப வேண்டும். அதன் பிறகுதான் ரயில். பார்க்கிறவர் அந்த ஒரு விநாடியில்தான் முந்திக்கொண்டு புரிந்துகொள்கிறார், சிரிப்பு அங்கேதான் பிறக்கிறது. "எழுப்பி விட்டுடறேன்" என்று முடித்த பிறகு "என்ன, சரியா?" என்று வாலை நீட்டினால் அந்தச் சிரிப்பும் போய்விடும். புதிதாக வருபவர்கள் கெடுப்பது பெரும்பாலும் இந்த இரண்டு இடங்களில்தான்: சிரிக்க வைக்கப் போகிறோம் என்பதை முன்பே முகத்தில் காட்டிவிடுவது, முடிந்த பிறகும் பேசுவது.

இன்னொரு சிக்கல், நம் செட்டில் ஆடியன்ஸ் இல்லை. அமெரிக்காவில் 1951-ல் லூசில் பால் நடித்த 'ஐ லவ் லூசி' தொடங்கியபோது, நாலைந்து நாள் ஒத்திகை பார்த்துவிட்டு, எதிரே உட்கார்ந்திருக்கும் ஜனங்களின் முன்னால் மூன்று கேமராவில் ஒரே மூச்சில் எடுத்தார்கள். சிரிப்பு எங்கே வருகிறது, எவ்வளவு நேரம் நிற்கிறது என்பது நடிகைக்குக் காதில் விழுந்தது. இங்கே சிரிப்புச் சத்தத்தை எடிட்டர் பிறகு சேர்க்கிறார். அவருக்கு இடம் விட்டுவைக்க வேண்டியது நடிகையின் பொறுப்பு. எதிராளியின் பஞ்ச் முடிந்ததும் அரை விநாடியாவது விட்டுத் தன் வசனத்தைத் தொடங்க வேண்டும். ஒருவர் குரல் மேல் இன்னொருவர் குரல் ஏறிவிட்டால் அந்த இடத்தில் வெட்டவும் முடியாது, சிரிப்பைச் செருகவும் முடியாது.

நேரக் கணக்கையும் தெரிந்துகொள்ளுங்கள். கேபிள் டிவி விதிப்படி ஒரு மணி நேரத்துக்கு 12 நிமிடம் வரை விளம்பரம் போடலாம். அரை மணி நேர ஸ்லாட்டில் டைட்டில், ரீகேப் (முந்தைய கதைச் சுருக்கம்) போகக் கதைக்குக் கிடைப்பது ஏறக்குறைய 20 நிமிடம். தினசரித் தொடரில் ஒரு நாள் கால்ஷீட்டில் ஒரு எபிசோடுக்குப் பக்கத்தில் எடுத்தாக வேண்டும். ஆகவே ஒத்திகை என்று தனியாக எதுவும் கிடைக்காது. டயலாக் ஷீட் பல நாள் அன்று காலையில்தான் கைக்கு வரும். லைட் போடுகிற நேரம்தான் மனப்பாடம் செய்கிற நேரம்.

பின்னால் டப்பிங் செய்யும் தொடர்களில் அசிஸ்டன்ட் டைரக்டர் வசனத்தைச் சத்தமாகப் படிக்க, அதைக் கேட்டு நடிகர் திருப்பிச் சொல்லும் ப்ராம்ப்டிங் பழக்கம் உண்டு. காமெடிக்கு இதைப் போல விஷம் வேறில்லை. காது ப்ராம்ப்டரிடம் இருக்கும்போது கவனம் எதிராளியிடம் இருப்பதில்லை, ரியாக்‌ஷன் எப்போதும் அரை விநாடி பின்தங்கிவிடும். நடிக்கும்போதே குரலையும் பதிவு செய்து, லைவ் சவுண்டில் எடுக்கும் வெப் சீரிஸுக்குப் போனால் இந்தப் பழக்கத்தோடு ஒரு நாள்கூடத் தாக்குப்பிடிக்க முடியாது. ஆகவே தினமும் இரண்டு பக்க உரையாடலைப் பதினைந்து நிமிடத்தில் மனப்பாடம் செய்து, எதிர்ப்பாத்திரத்தின் வரிகளையும் சேர்த்து ஒப்பிக்கப் பழகட்டும். எதிராளியின் கடைசிச் சொல் எது என்று தெரிந்தவளுக்குத்தான் தன் வரியை எங்கே எடுப்பது என்று தெரியும்.

டெக்னிக்கலாக ஷூட்டிங்கில் சொதப்புவது கன்டினியூட்டியில். முதலில் எல்லோரும் தெரியும்படி மாஸ்டர் ஷாட், பிறகு எதிராளியின் தோளுக்குப் பின்னாலிருந்து சஜஷன், பிறகு க்ளோஸ். மாஸ்டரில் "எக்ஸ்பிரஸ்" என்ற சொல்லில் டம்ளரைக் கீழே வைத்திருந்தால் மூன்று முறையும் அதே சொல்லில், அதே கையால் வைக்க வேண்டும். இல்லாவிட்டால் நன்றாக நடித்த க்ளோஸ் குப்பைக்குப் போகும். சுமாரான மாஸ்டர்தான் டிவியில் வரும். வீட்டில் போனை மூன்று இடத்தில் வைத்து ஒரே காட்சியை மூன்று முறை எடுத்து, ஒட்டிப் பாருங்கள். தவறு தானாகத் தெரியும். எதிராளியின் க்ளோஸ் எடுக்கும்போது கேமராவுக்குப் பக்கத்தில் நின்று முழு உணர்ச்சியோடு வசனம் கொடுப்பதும் அவள் வேலைதான். அதைச் செய்யாமல் போன் பார்க்கிறவர்களை யூனிட்டில் சீக்கிரம் கழித்துவிடுவார்கள்.

பயிற்சிக்கு வேலூர் பக்கத்தில் இருப்பது சென்னைக்காரர்களுக்குக் கிடைக்காத ஒன்று: தெருக்கூத்து. பங்குனி முதல் ஆடி வரை ஆற்காடு, ஆரணி, செய்யாறு பக்கத்துத் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதக் கூத்து விடிய விடிய நடக்கும். கூத்தின் கோமாளியான கட்டியங்காரனை மட்டும் ஒரு ராத்திரி முழுக்கப் பார்க்கச் சொல்லுங்கள். ராஜா வேஷக்காரர் பேசும்போது கட்டியங்காரர் அசைய மாட்டார். ராஜா மூச்சு விடும் இடத்தில் ஒரு சொல் போடுவார், கூட்டம் சிரிக்கும், சிரிப்பு இறங்கத் தொடங்கியதும், முழுக்க அடங்குவதற்கு முன்பே, அடுத்ததை எடுப்பார். சிட்காம் (காமெடித் தொடர்) டைமிங் என்று காசு வாங்கிக்கொண்டு வகுப்பு நடத்துகிறவர்கள் சொல்லித்தருவதைவிட அதில் பாடம் அதிகம். அங்கே பெண் வேஷமும் பெரும்பாலும் ஆண்கள்தான் கட்டுகிறார்கள் என்பதால் மேடை ஏறும் வாய்ப்பு கிடைக்காமல் போகலாம், பார்ப்பதற்கு யாரும் தடை இல்லை. மேடைக்குக் கல்லூரி நாடகக் குழு, ஊர்ச் சங்க ஆண்டு விழா, எது வந்தாலும் விட வேண்டாம்.

பேச்சைப் பற்றி ஒன்று. "இன்னா", "வந்துகினு", "கீது" என்று வரும் நம் பக்கத்துத் தமிழை வெட்கப்பட்டு விட்டுவிடக் கூடாது. கோவையின் நக்கலைட்ஸ் யூடியூப் சேனல் கொங்குத் தமிழிலேயே ஊரெல்லாம் போய்ச் சேர்ந்தது. அறந்தாங்கி நிஷா தன் ஊர்ப் பேச்சை மாற்றிக்கொள்ளாமலேயே விஜய் டிவி மேடையில் நின்றார். ஆனால் பொதுத்தமிழும் பிசிறில்லாமல் வர வேண்டும், ஆடிஷனில் இரண்டையும் கேட்பார்கள். வட மாவட்டங்களில் பலருக்கு 'ழ' வராமல் 'வாயப்பயம்' ஆகிவிடுகிறது. டப்பிங் தியேட்டரில் மைக் இதை ஈவிரக்கமில்லாமல் காட்டிக்கொடுக்கும். தினம் பத்து நிமிடம் நாளிதழை உரக்கப் படித்து ரெக்கார்ட் செய்து கேட்டால் சில மாதத்தில் சரியாகிவிடும்.

ஆடிஷன் வீடியோ இப்போது வீட்டிலிருந்தே அனுப்பலாம். போன் படுக்கை வாட்டில், ட்ரைபாடில், கண் மட்டத்தில். பின்னால் வெறும் சுவர், முகத்துக்கு எதிரே ஜன்னல் வெளிச்சம். ஃபேனை நிறுத்திவிடுங்கள், அந்த இரைச்சல்தான் வசனத்தைக் கெடுக்கும். பெயர், வயது, உயரம், ஊர், தெரிந்த மொழிகள் சொல்லி நேராக, இடது, வலது முகம் காட்ட வேண்டும். பிறகு ஒரு நிமிடத்துக்குள் இரண்டு காட்சி: ஒன்று காமெடி, ஒன்று காமெடியே இல்லாதது. எதிர்ப்பாத்திரத்துக்கு யாராவது கேமரா ஓரத்தில் நின்று குரல் கொடுக்கட்டும். அவள் கேட்கிற முகம்தான் அங்கே பார்க்கப்படுகிறது. வாட்ஸ்அப்பில் சாதாரண வீடியோவாக அனுப்பினால் தரம் இறங்கிவிடும், டாக்குமென்டாக அனுப்புங்கள். கனமான மேக்கப் போட்ட ஆல்பத்துக்குப் பணம் செலவழிக்க வேண்டாம். ஆடிஷனுக்குக் கட்டணம், "ரோல் கன்ஃபர்ம், டெபாசிட் கட்டுங்கள்" என்று யார் கேட்டாலும் அந்த எண்ணைத் தடை செய்துவிடுங்கள். நடிகை சம்பளம் வாங்குகிறவள்.

போக்குவரத்தில் நமக்கு ஒரு வசதி. வேலூர்–சென்னை பஸ் பூந்தமல்லி வழியாகத்தான் போகிறது. அங்கே இறங்கினால் ஷூட்டிங் நடக்கும் ஈ.வி.பி. ஃபிலிம் சிட்டி பக்கத்திலேயே இருக்கிறது, வளசரவாக்கம், சாலிகிராமம், வடபழனிக்கு டவுன் பஸ் இருக்கிறது. ஆடிஷனுக்கு இது போதும். வேலை கிடைத்தபிறகு தினமும் போய்வர நினைக்காதீர்கள். காலை ஒன்பதுக்குக் கால்ஷீட் என்றால் எட்டுக்கு மேக்கப் சேரில் இருக்க வேண்டும், பேக்கப் இரவு ஒன்பதுக்குமேல் போகும், நடுவில் 140 கிலோமீட்டர். தூங்காத முகம் க்ளோஸில் தெரியும். ஷெட்யூல் நாட்களுக்கு வடபழனி பக்கம் பெண்கள் விடுதியில் தங்குவதே சரி.

துணிமணி பெரும்பாலும் நடிகையின் சொந்தச் செலவு என்பதைக் கணக்கில் வையுங்கள். லைவ் சவுண்டில் ஆரணிப் பட்டு மைக்கில் சரசரக்கும், கண்ணாடி வளையல் வசனத்தையே விழுங்கும். காட்டனும் கிரேப்பும் நல்லது. நெருக்கமான கோடு போட்டது கேமராவில் மினுங்கும், வேண்டாம். எந்தக் காட்சிக்கு எந்தப் புடவை, எந்தக் கம்மல் என்று போட்டோ எடுத்து சீன் நம்பரோடு வைத்திருக்க வேண்டும். மூன்று வாரம் கழித்து, விட்டுப்போன ஷாட்டை எடுக்கப் பேட்ச் வொர்க் என்று கூப்பிடுவார்கள், அப்போது அந்தக் கம்மல் இருந்தாக வேண்டும்.

பணம் நாள் கணக்கில்தான், அதுவும் ஒன்றிரண்டு மாதம் தள்ளித்தான் பெரும்பாலும் வரும். கொடுக்கும்போதே 10 சதவீதம் டி.டி.எஸ். என்று வருமான வரி பிடிப்பார்கள், பான் கார்டு கொடுக்காவிட்டால் அது 20 ஆகிவிடும். பிடித்ததை அவள் கணக்கில் கட்டினார்களா என்று வருமான வரித் தளத்தில் பார்த்து, ரிட்டர்ன் போட்டுத் திரும்ப வாங்க வேண்டும், பி.காம். படித்தவளுக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. அக்ரிமென்டில் பார்க்க வேண்டியவை: மாதத்துக்கு எத்தனை நாள், வேறு சேனலில் நடிக்கத் தடை உண்டா, டப்பிங்குக்குத் தனிச் சம்பளமா, ராத்திரி நேரமானால் வண்டி யார் பொறுப்பு, விலக எத்தனை நாள் முன்னறிவிப்பு. மாதத்துக்கு எட்டு நாள்தான் வேலை, ஆனால் வேறெங்கும் போகக் கூடாது என்று எழுதியிருந்தால் கையெழுத்துப் போட வேண்டாம். சின்னத்திரை நடிகர் சங்க உறுப்பினர் கட்டணத்தைச் சங்க அலுவலகத்தில் நேரில் கட்டி ரசீது வாங்குங்கள், நடுவில் யாரிடமும் கொடுக்காதீர்கள். பாலியல் தொல்லை ஏதும் நடந்தால் 2013-ம் ஆண்டுச் சட்டப்படி மூன்று மாதத்துக்குள் எழுத்தில் புகார் தரலாம், தினக்கூலிக்கு வருகிறவருக்கும் அந்தச் சட்டம் பொருந்தும். கம்பெனியில் புகார்க் குழு இல்லாவிட்டால் மாவட்ட அளவில் ஒரு குழு இருக்கிறது.

எத்தனை வருடம் ஓடும் என்ற கேள்விக்கு வருகிறேன். தமிழ்ச் சேனல்களில் பிரைம் டைம் முழுக்க அழுகைத் தொடர்கள்தான், சுத்தமான சிட்காமுக்கு இடம் குறைவு. ஆகவே சிட்காம் மட்டுமே என்று உட்கார்ந்தால் பட்டினிதான். மெகா தொடரில் காமெடி ட்ராக், வார இறுதி மேடை நிகழ்ச்சி, வெப் சீரிஸ், சினிமாவில் சிறு வேடம் என்று கலந்துதான் ஓட்ட முடியும். ஆனால் இந்த வகை நடிகைக்கு ஆயுள் நீளம். கதாநாயகிக்கு முப்பதில் மூடும் கதவு இவளுக்கு அப்போதுதான் திறக்கும். லூசில் பால் பல வருடம் சின்னச் சின்னப் படங்களில் நடித்துவிட்டு 40 வயதில்தான் 'லூசி' ஆனார். தேவதர்ஷினி 'ரமணி வெர்சஸ் ரமணி' இரண்டாம் பாகத்தில் குடும்பத் தலைவியாகச் சிரிக்க வைத்தவர். பிறகு 2003-ல் 'பார்த்திபன் கனவு', 2011-ல் 'காஞ்சனா' என்று இன்றுவரை வேலை நிற்கவில்லை. 'லொள்ளு சபா'வில் இருந்த மதுமிதாவுக்கு 2012-ல் 'ஒரு கல் ஒரு கண்ணாடி' படத்தின் ஜாங்கிரி வேடம் கிடைத்தது. எண்பதுகளின் கதாநாயகி நிரோஷா எதிர்த்திசையில் வந்து 'சின்ன பாப்பா பெரிய பாப்பா'வில் இன்னொரு ரவுண்டு வந்தார்.

ஆயுளைக் குறைப்பது ஒரே மாதிரி வேடம். கத்துகிற மனைவியாக ஒரு தொடர் ஹிட்டானால் அடுத்த நாலு அழைப்பும் கத்துகிற மனைவிக்குத்தான் வரும். இரண்டாவதை ஒப்புக்கொள்ளலாம், மூன்றாவதில் நிறுத்திப் பேச வேண்டும். உடம்பையும் நிறத்தையும் வைத்து எழுதும் வசனங்களுக்கு எங்கே கோடு போடுவது என்பதை முதல் ஆடிஷனுக்கு முன்பே வீட்டில் பேசி முடிவு செய்துவிடுங்கள். செட்டில் ஐம்பது பேர் காத்திருக்கும்போது முதல்முறையாக அதை யோசிக்க முடியாது. மறுப்பதையும் டைரக்டரிடம் தனியாக, மாற்று வசனம் ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு சொன்னால் பல சமயம் எடுபடும். அதற்காகவாவது அவள் எழுதவும் கற்றுக்கொள்ளட்டும்: வாரம் ஒரு இரண்டு நிமிடக் காட்சி, இரண்டு பாத்திரம், ஒரு வீட்டு ஹால், அவ்வளவு போதும்.