கவுன்டருக்கு அந்தப் பக்கம்

அன்புள்ள ஐயா,

தாலுகா ஆபீஸில் இளநிலை உதவியாளராக வேலை பார்க்கிறேன். அரசு அலுவலகத்தைக் கிண்டல் செய்யும் குறும்படம் வாரம் ஒன்றாவது வாட்ஸ்அப்பில் வந்துவிடுகிறது. எல்லாவற்றிலும் கவுன்டரில் இருப்பவர்தான் வில்லன். உட்பிரிவு உள்ள பட்டா மாறுதல் என்றால் சர்வேயர் வந்து அளந்தாக வேண்டும். அவர் வராமல் நான் என்ன செய்ய முடியும்? இந்தப் படங்களை நீங்களும் பாராட்டி எழுதுவது வருத்தமாக இருக்கிறது.

ஒரு வாசகி

அன்புள்ள சகோதரிக்கு,

நீங்கள் சொல்வது சரி. கவுன்டரோடு நின்றுவிடும் படம் பாதிப் படம்தான். ஆனால் இந்த வகைப் படமே வேண்டாம் என்று என்னால் சொல்ல முடியாது. காரணம், நையாண்டிக் கலைஞர் ஜஸ்பால் பட்டி.

எண்பதுகளின் கடைசியில் தூர்தர்ஷனில் காலை நேரத்தில் அவருடைய 'உல்டா புல்டா' வரும். சில நிமிடங்கள்தான். அவர் சண்டிகரில் 'டிரிப்யூன்' நாளிதழுக்குக் கார்ட்டூன் போட்டவர். அந்தக் கை படத்திலும் தெரியும். சுற்றி வளைக்காமல் நேராக விஷயத்துக்கு வந்துவிடுவார். அப்புறம் 1989இல் 'ஃப்ளாப் ஷோ' என்ற நையாண்டித் தொடர், மொத்தமே பத்துப் பகுதிகள். அதில் ஆராய்ச்சி மாணவரை வீட்டு வேலைக்கு வைத்துக்கொள்ளும் வழிகாட்டிப் பேராசிரியரைப் பாருங்கள். மருத்துவச் செலவைத் திரும்ப வாங்கப் பொய் பில் தயாரிப்பவர்களைப் பாருங்கள். கையெழுத்துப் போடும் அதிகாரம் உள்ளவரையும் விடவில்லை, அதை வைத்துப் பலன் அடையும் நம்மையும் விடவில்லை. தனியார் சேனலே இல்லாத காலத்தில், அரசின் தொலைக்காட்சியிலேயே இதைச் செய்தார். மின்வெட்டைப் பற்றி எடுத்த 'பவர் கட்' திரைப்படம் வெளியாவதற்கு முதல் நாள், 2012 அக்டோபர் 25 அன்று, சாலை விபத்தில் இறந்துபோனார். அந்த இழப்பு எனக்கு இன்னும் ஆறவில்லை.

அப்பா இறந்த பிறகு வாரிசுச் சான்றிதழுக்காக நான் அலைந்தேன். கோபமெல்லாம் எதிரே இருந்த கிளார்க் மேல்தான் வந்தது. ஒருநாள் அவரே என்னைப் பக்கத்தில் உட்கார வைத்து, மனு வி.ஏ.ஓ.வைத் தாண்டி ஆர்.ஐ.யிடம் (வருவாய் ஆய்வாளரிடம்) போய் நிற்பதைக் கம்ப்யூட்டரில் காட்டினார். அவர் கையில் ஒன்றுமே இல்லை. அந்தக் காட்சியை எந்தக் குறும்படத்திலும் நான் பார்த்ததில்லை.

அதை உங்களால் எழுத முடியும். ஒருநாள் உங்கள் மேஜைக்கு வரும் மனுக்கள் எங்கெங்கே போய் நிற்கின்றன என்று, பெயர்களை விட்டுவிட்டு, நாலு பக்கம் எழுதி அனுப்புங்கள். குறும்படம் எடுக்கும் பையன்கள் இரண்டு பேரை எனக்குத் தெரியும். அவர்களிடம் கொடுக்கிறேன்.